கோத்தகிரியில் தேயிலைக்கு நடுவே 10 சென்ட்: வாங்கலாமா?

பின்னலூர்:

வணக்கம் நண்பர்களே. பனியன் கம்பெனியைப் பையன் கையில் ஒப்படைத்துவிட்டேன். இனிமேல் வருஷத்தில் பாதி நாளாவது குளிர்ச்சியான இடத்தில் இருக்கலாம் என்று நானும் வீட்டுக்காரம்மாவும் கோத்தகிரிப் பக்கம் இடம் தேடுகிறோம். கட்டபெட்டு போகிற வழியில் ஒன்று பிடித்திருக்கிறது. பழைய தேயிலைத் தோட்டத்தை 10 சென்ட், 10 சென்ட்டாகப் பிரித்து விற்கிறார்கள். பொக்லைன் விட்டுச் சரிவை வெட்டிச் சமன் செய்திருக்கிறார்கள். எங்களுக்குக் காட்டிய மனைக்குப் பின்னால் இரண்டு ஆள் உயரத்துக்குச் செம்மண் வெட்டு நிற்கிறது, முன்னால் திறந்த பள்ளத்தாக்கு. காலையில் மேகம் காலடியில் போகிறது. வீட்டுக்காரம்மா அங்கேயே முடிவு செய்துவிட்டார்.

பத்திரம் எப்படி என்றால், மொத்தத் தோட்டத்தில் ‘பிரிபடாத பாகம்’ என்று கிரயம் செய்து தருவார்களாம். எந்த மனை யாருக்கு என்பதைத் தனியாக ஒரு ஒப்பந்தத்தில் எழுதிக்கொள்ளலாமாம். ஹாகா (மலையிடப் பாதுகாப்புக் குழுமம்) அனுமதி பற்றிக் கேட்டதற்கு, அதெல்லாம் ரிசார்ட்டுக்குத்தான், வீட்டுக்கு வேண்டாம் என்கிறார் புரோக்கர். மரத்தில் கேபின் மாதிரிக் கட்டிக்கொண்டால் பிளான் அப்ரூவலே தேவையில்லை என்றும் சொன்னார். மனைக்குக் கீழே கொஞ்சம் தள்ளிச் சித்திரை வெயிலிலும் பச்சையாக, கால் வைத்தால் புதைகிற மாதிரி ஒரு புல்தரை இருக்கிறது. அதைக் காட்டி, தண்ணீர்க் கஷ்டமே வராது என்றார்.

அட்வான்ஸ் இன்னும் கொடுக்கவில்லை. விவரம் தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

சில்வர்ஓக்:

சார், நான் கோத்தகிரிக்காரன். கட்டட வேலை மேற்பார்வைதான் பிழைப்பு. பத்திரத்தைப் பற்றிப் பந்தலூரான் வந்தால் என்னைவிட நன்றாகச் சொல்வார். நான் அந்த வெட்டைப் பற்றிப் பேசுகிறேன்.

எங்கள் மலைக்கு அடியில் இருப்பது சார்னோகைட் பாறை. அதற்கு மேலே மக்கிப்போன செம்மண். சில இடத்தில் ஐந்தடியில் பாறை தட்டும், சில இடத்தில் ஐம்பதடி போனாலும் தட்டாது. காய்ந்த மண்ணில் கடப்பாரை போட்டால் கைதான் வலிக்கும், அதனால் வெட்டியதும் சுவர் மாதிரி நிற்கும். நீங்கள் பார்த்தது அந்த நிலையைத்தான். மழைத் தண்ணீர் உள்ளே இறங்கி அடிப்பாறை வரை போய், வெளியேற வழியில்லாமல் நின்றுவிட்டால் மேலே உள்ளது மொத்தமாக வழுக்கும். சரிவின் அடிக்காலை வெட்டியபிறகு பிடித்துக்கொள்ள அதற்கு என்ன இருக்கிறது?

இன்னொன்று, பொக்லைன்காரர் வெட்டிய மண்ணை லாரியில் ஏற்றி வெளியே கொண்டுபோவதில்லை. வெளிப்பக்கம் தள்ளி மனையை அகலமாக்கிவிடுவார். ஆக உங்கள் 10 சென்ட்டில் பின்பாதி வெட்டிய தரை, முன்பாதி கொட்டிய மண். வருகிறவர்கள் வ்யூ வேண்டும் என்று வீட்டை முன்னால் தள்ளி வைப்பார்கள். இரண்டு மழை போனால் ஹாலுக்கு நடுவில் விரிசல் வரும். வெட்டும் கொட்டும் சேருகிற கோடு எதுவோ, அந்தக் கோட்டிலேயே நூல் பிடித்தாற்போல் வரும். டைல்ஸ் மாற்றினாலும் அங்கேயேதான் மறுபடி பிளக்கும்.

தடுப்புச் சுவர் கட்டிக்கொள்ளலாமே என்பீர்கள். கட்டலாம். ஆனால் சுவருக்குப் பின்னால் ஜல்லி நிரப்பி, தண்ணீர் வடிகிற துவாரம் விட்டுக் கட்ட வேண்டும். குன்னூர்ப் பக்கம் ஒரு வீட்டுக்கு அப்படித்தான் கட்டிக் கொடுத்தோம். பெயின்ட் அடிக்கும்போது துவாரங்கள் அசிங்கமாகத் தெரிகின்றன, செந்நீர் வழிந்து கறையாகிறது என்று வீட்டுக்காரர் எல்லாவற்றையும் சிமென்ட் வைத்து அடைக்கச் சொல்லிவிட்டார். அடுத்த கார்த்திகையில் சுவர் வயிறு தள்ளிவிட்டது. இடித்துக் கட்ட ஆன செலவு முதல் செலவைவிட அதிகம். நல்லவேளை, பகலில் கவனித்தார்கள். சுவர் கட்டுகிற வேலையே ஆபத்துதான். 2024 பிப்ரவரியில் லவ்டேல் பக்கத்தில் தடுப்புச் சுவருக்காகத் தோண்டியபோது சரிந்து ஆறு பெண் தொழிலாளர்கள் செத்துப்போனார்கள். அன்றைக்கு மழைகூட இல்லை.

கூடலூர், அவலாஞ்சிப் பக்கம் தென்மேற்குப் பருவமழைதான் ஆட்டிவைக்கும். 2019 ஆகஸ்டில் அவலாஞ்சியில் ஒரே நாளில் 80 சென்டிமீட்டருக்கு மேல் கொட்டியது. எங்கள் பக்கத்துக்கும் குன்னூருக்கும் ஐப்பசி, கார்த்திகைதான் கண்டம். 2009 நவம்பரில் இந்த மாவட்டத்தில் மண் சரிந்து 40 பேருக்கு மேல் போனார்கள். ஆனால் மனை விற்கிறவர்கள் சித்திரையில்தான் கூட்டிப்போவார்கள்!

அந்தப் பச்சைப் புல்தரை சதுப்பு. மேலே குடித்த மழையை மலை அங்கேதான் கொஞ்சம் கொஞ்சமாக வெளியே விடுகிறது. கீழே ஓடுகிற ஓடைக்கும் ஊர்க்கிணற்றுக்கும் அதுதான் தாய். அதன் தலைமாட்டில் இருபது வீடு, இருபது செப்டிக் டேங்க், இருபது உறிஞ்சுகுழி வந்தால் கீழே இருக்கிறவன் குடிக்கிற தண்ணீர் என்ன ஆகும் என்று யோசியுங்கள். உங்களுக்கு மேல் மனைக்காரரின் உறிஞ்சுகுழி, உங்கள் வெட்டுக்கு நேர் மேலே வரும். வருஷம் பூராவும் அந்தச் செம்மண் ஊறிக்கொண்டே இருக்கும். போர் போட்டுக்கொள்ளலாம் என்றும் நினைக்காதீர்கள், நீலகிரியில் கலெக்டர் அனுமதி இல்லாமல் முடியாது. பொக்லைன் ஓட்டுவதற்கும் அதே கதைதான். அதனால் புரோக்கரிடம் முதலில் கேட்க வேண்டியது, சமன் செய்வதற்கு வாங்கிய அனுமதியின் நகல்.

மனைக்கு மறுபடி போனால் மேலே உள்ள சில்வர் ஓக் மரங்களைப் பாருங்கள். நேராக நிற்கிற மரம் அது. அடித்தண்டு வளைந்து, பிறகு நிமிர்ந்து வளர்ந்திருந்தால் மண் மெல்ல நகர்கிறது என்று வைத்துக்கொள்ளலாம். தார் ரோட்டில் பிறை வடிவத்தில் விரிசல், ஒரு வரிசைத் தேயிலை மட்டும் ஓரடி இறங்கியிருப்பது, இதெல்லாம் இருந்தால் வண்டியைத் திருப்பிவிடுங்கள்.

பந்தலூரான்:

பத்திர எழுத்து வேலையில் இருக்கிறேன், அதை வைத்துச் சொல்கிறேன்.

பிரிபடாத பாகமாக ஏன் தருகிறார்கள்? அங்கீகாரம் இல்லாத மனையை மனை என்று பதிவு செய்ய முடியாது. 2016 அக்டோபர் 20-க்கு முன் வீட்டுமனையாகப் பதிவாகியிருந்தால் வேறு கதை. அதனால் தோட்டத்தில் இத்தனையில் ஒரு பங்கு என்று எழுதி அந்தக் கதவைச் சுற்றிக்கொண்டு போகிறார்கள். நாளைக்கு உங்கள் பெயரில் தனிப் பட்டாவும் வராது, புல வரைபடத்தில் உட்பிரிவும் வராது. எந்தப் பங்குதாரர் கடன் வாங்கி மாட்டினாலும் உங்கள் மனைவரை இழுபடும்.

ஹாகா என்பது 1990-இல் அமைத்த மலையிடப் பாதுகாப்புக் குழுமம். தனி வீட்டுக்கு அளவைப் பொறுத்து நடைமுறை மாறலாம், அதை நகர் ஊரமைப்பு அலுவலகத்தில் சர்வே நம்பரைக் கொடுத்துக் கேட்டுக்கொள்ளுங்கள். ஆனால் மலைச்சரிவை மனைப்பிரிவாகப் போட்டு விற்க அது இல்லாமல் முடியாது. வனத்துறை, வேளாண் பொறியியல், கனிமவளம் என்று வரிசையாகத் தடையின்மைச் சான்று வேண்டும். புரோக்கர் வீட்டுக்கு வேண்டாம் என்று சொல்வது உங்களைத் திசைதிருப்ப. கேள்வி மனைப்பிரிவைப் பற்றியது.

தாய்ப்பத்திரத்தில் தோட்டத்தின் மொத்தப் பரப்பைப் பாருங்கள். நில உச்சவரம்பு 15 ஸ்டாண்டர்டு ஏக்கர். அதைத் தாண்டிய பெரிய தோட்டங்கள் தேயிலைத் தோட்டம் என்ற ஒரே காரணத்துக்காக விலக்குப் பெற்றவை. செடியைப் பிடுங்கிவிட்டு மனை போட்டால் அந்த விலக்கு எதன்மேல் நிற்கும்? அப்புறம், சர்வே நம்பர் 1949-ஆம் வருஷத்துத் தனியார் காடுகள் பாதுகாப்புச் சட்டத்தின் பட்டியலில் இருக்கிறதா என்று பார்க்க வேண்டும். இருந்தால் மாவட்டக் குழு அனுமதியில்லாத விற்பனையே செல்லாது. மரம் வெட்ட 1955-ஆம் வருஷச் சட்டம் தனி.

என் ஊர்ப்பக்கம் இதைவிட மோசம். கூடலூர், பந்தலூரில் ஜன்மம் நிலம், அதாவது ஜமீன் மாதிரி பழைய ஜன்மிகளின் உரிமையில் இருந்த நிலம். அந்த உரிமையை ஒழிக்க 1969 சட்டம் வந்தும் 17-ஆவது பிரிவில் வரும் குத்தகைத் தோட்ட நிலங்களுக்கு முடிவு வராமல், பட்டாவும் கரண்ட்டும் இல்லாமல் பலர் தலைமுறையாகக் குடியிருக்கிறார்கள். அங்கே யாராவது மலிவாகத் தருகிறேன் என்றால் காது கேட்காதமாதிரி போய்விடுங்கள்.

பட்டா இருக்கிறது, பஞ்சாயத்து அனுமதி இருக்கிறது, போதாதா என்பவர்களுக்கு முதுமலையை ஒட்டிய சீகூர் ஒன்றே உதாரணம். அங்கே ரிசார்ட் வைத்திருந்தவர்களும் அதைத்தான் சொன்னார்கள். யானை வழித்தட வழக்கில் 2018 ஆகஸ்டில் உச்ச நீதிமன்றம் பல ரிசார்ட்டுகளுக்குச் சீல் வைக்கச் சொன்னது. 2020 அக்டோபர் 14 தீர்ப்பில் யானை வழித்தட அறிவிப்பு செல்லும் என்று உறுதியாகிவிட்டது.

ஹட்டிப்பையன்:

எல்லாரும் சட்டம் சொல்கிறீர்கள், சரி. எங்கள் தாத்தா நிலத்தில் என் அண்ணனுக்கு ஒரு சின்ன வீடு கட்ட அனுமதி கேட்டு அலைந்த அலைச்சல் எனக்குத்தான் தெரியும். ஒரு அலுவலகத்தில் வரைபடம் சரியில்லை என்றார்கள், அடுத்ததில் அதே வரைபடம் போதும், கையெழுத்துதான் இல்லை என்றார்கள். அதே சரிவில் எங்களுக்கு மேலே வெளியூர்க்காரர் பங்களா மடமடவென்று எழும்பியது. ஏழு மீட்டருக்கு மேல் கட்டக்கூடாது என்கிறது விதி. ரோட்டிலிருந்து பார்த்தால் அது ஒற்றை மாடிதான். எங்கள் பக்கமிருந்து அண்ணாந்து பார்த்தால் நாலு மாடி.

தோட்டம் ஏன் விலைக்கு வருகிறது என்று யாரும் கேட்கவில்லை. பச்சைத் தேயிலைக்குக் கட்டுப்படியான விலை கிடைத்தால் எந்தப் படுகனும் விற்க மாட்டான். பறிகூலி, உரம் போக மிஞ்சுவது ஒன்றுமில்லை. பிள்ளைகள் கோயமுத்தூரில் வேலைக்குப் போய்விட்டார்கள். புரோக்கர் ஒரே கையில் கட்டுப் பணம் நீட்டுகிறான்.

எங்கள் படுகர் ஊர்களான பழைய ஹட்டிகளைப் பாருங்கள். வீடுகள் வரிசையாக, சுவரோடு சுவர் ஒட்டி, சரிவில் ஒதுக்கமாக இருக்கும். மேலே புல்லும் சோலையும், கீழே ஊற்று, அதற்கும் கீழே மாடு மேய்கிற சதுப்பு. சதுப்பில் ஒருத்தரும் வீடு கட்டமாட்டார்கள். இடத்துக்குப் பஞ்சமா அப்போது? இல்லை. ஆளுக்கு 10 சென்ட் என்று மலை முழுக்கத் தெளித்துவைக்கவில்லை, அவ்வளவுதான்.

பின்னலூர்:

எல்லாருக்கும் நன்றிங்க. பொக்லைன் அனுமதியின் நகல் கேட்டேன். ‘வாங்கியாச்சு சார், ஆபீஸில் இருக்கு’ என்றார். சர்வே நம்பர் கேட்டேன், அட்வான்ஸ் போட்டால் தருகிறேன் என்கிறார். அந்த இடத்தை விட்டுவிட்டோம். வீட்டுக்காரம்மாவுக்குத்தான் மனசு ஆறவில்லை. கேபின் விஷயம் மட்டும் யாரும் சொல்லவில்லையே? ஹட்டிப்பையன் தம்பி சொன்னது மனதில் தைத்தது. வெளியூர்க்காரன் வரவே கூடாது என்கிறீர்களா, இல்லை வேறு வழி இருக்கிறதா?

ஹட்டிப்பையன்:

அப்படிச் சொல்லவில்லை அண்ணா. கேட்டுவிட்டு வருகிறவர் குறைவு. நீங்கள் கேட்டீர்கள்.

சில்வர்ஓக்:

கேபின் என்றாலும் ஆள் தங்கினால் அது கட்டடம்தான் சார். கக்கூஸ் வேண்டும், உறிஞ்சுகுழி வேண்டும், வண்டி போக வழி வெட்ட வேண்டும். மரம் என்பதால் மலைக்குப் பாரம் குறையலாம், வெட்டு குறையாது. இந்த ஊர் ஈரத்தில் மரத்துக்குப் பராமரிப்பும் ஓயாத செலவு. கரடிக்குக் கதவு ஒரு பொருட்டே இல்லை. எண்ணெய் வாசம் பிடித்துக்கொண்டு வீடு, கோயில், ரேஷன் கடை என்று பாகுபாடில்லாமல் உடைத்து உள்ளே போகிற ஊர் இது.

ஆனால் தம்பி சொன்னதில் ஒன்றை நான் முழுதாக ஒத்துக்கொள்ள மாட்டேன். ஹட்டிக்குள்ளேயும் இப்போது பழைய ஓட்டுவீட்டை இடித்துவிட்டு மூன்று மாடி எழுப்புகிறார்கள். சதுப்பை நிரப்பிக் கேரட் போட்டதும் நம் ஆட்கள்தான். வெளியூர்க்காரரை மட்டும் சொல்லி என்ன பயன்?

வழி கேட்டீர்கள். புதிதாக வெட்டிய நிலம் வேண்டாம். டவுனுக்குள்ளோ அதை ஒட்டியோ, அங்கீகரித்த பிளானோடு இருக்கிற பழைய வீடாகப் பாருங்கள். கோத்தகிரியில் அப்படி வீடுகள் விற்பனைக்கு வருகின்றன, பிள்ளைகள் வெளிநாட்டில் இருக்கிற வயதானவர்களுடையது. 2009 மழையைத் தாங்கி நின்ற வீடு என்றால் மண்ணைப் பற்றி உங்களுக்கு ஒரு ருசு இருக்கிறது. பிளான் நகலையும் இப்போது நிற்கிற கட்டடத்தையும் பக்கத்தில் வைத்து அளந்து பாருங்கள், பின்னால் ஒரு ரூம் கூட்டியிருப்பார்கள். கூரைத் தண்ணீரும் சமையலறைத் தண்ணீரும் எங்கே போகின்றன என்று கேளுங்கள். பக்கத்து வீட்டுச் சரிவுக்குப் போகிறது என்றால் அந்தச் சண்டையும் சேர்ந்துதான் கிரயம் ஆகும். வேலி போடுவதாக இருந்தால் காட்டெருமை எந்தப் பக்கம் நடக்கிறது என்று அக்கம்பக்கத்தில் விசாரித்துக்கொள்ளுங்கள். அது தடத்தை மாற்றிக்கொள்ளாது, வேலியைத்தான் சாய்க்கும்.

அவசரம் இல்லையென்றால் முதலில் ஒரு வீட்டை ஐப்பசியிலிருந்து தை வரை வாடகைக்கு எடுத்து இருங்கள். துணி காயாமல், கரண்ட் இல்லாமல், மேட்டுப்பாளையம் ரோடு மண் விழுந்து அடைத்துக் கிடக்கிற வாரத்தையும் அம்மா பார்த்துவிடட்டும். பிறகும் பிடித்திருந்தால் சொல்லுங்கள். விற்பனைக்கு இருக்கிற வீடுகளின் சர்வே நம்பரைத் தனிச்செய்தியில் அனுப்பினால் ஞாயிற்றுக்கிழமையில் போய்ப் பார்த்துச் சொல்கிறேன். வீடு பார்ப்பதற்குக் காசு வாங்குவதில்லை, டீ வாங்கித் தாருங்கள்.