மறு: ஹோலோடைப் – ‘மூலச்சான்று’ என்று வைத்தால் என்ன?

அன்புள்ள குழுமத்தாருக்கு,

வணக்கம். இந்த இழையில் இதுவரை வந்த மடல்களை ஒருசேரப் படித்தேன். ஹோலோடைப்புக்கு (ஓர் இனத்துக்குப் பெயர் வைக்கும்போது ஆதாரமாகச் சுட்டப்படும் ஒற்றைப் பொருள்) தமிழில் வகைமாதிரி, முழுவகை, மூலப்படிவம் என்று மூன்று சொற்கள் வந்திருக்கின்றன. நான்காவதாக, ‘ஹோலோடைப் என்றே எழுதிவிட்டுப் போங்களேன்’ என்ற கட்சி. வாக்கு என்னவோ அந்தக் கட்சிக்குத்தான் அதிகம் விழுந்திருக்கிறது.

என் நிலையை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். ‘மாதிரி’ என்ற சொல் இந்த இடத்துக்கு வரவே கூடாது. ஒலிபெயர்ப்பைக்கூட ஏற்பேன், வகைமாதிரியை ஏற்க மாட்டேன்.

> கலைச்சொல் பட்டியல்களில் ‘வகைமாதிரி’ ஏற்கெனவே இருக்கிறது. இருப்பதை விட்டுவிட்டு ஏன் புதிதாகத் தேட வேண்டும்?

பெரம்பலூர் மாவட்டத்துக் காரைப் பக்கம் போனவர்களுக்குத் தெரியும். மண் அரித்து ஓடிய பள்ளங்களில் ஜிப்சம் பளபளக்கும். நடுவே விரல் பருமனில், பழுப்பு நிறத்தில், நீள உருளைத் துண்டுகள் கிடக்கும். பெலம்னைட்டுகள். கணவாய் மீனுக்கு உறவான, அற்றுப்போன ஒரு கடல் உயிரியின் உள்ளோடு. உடைந்த முகத்தைத் திருப்பிப் பார்த்தால் நடுப்புள்ளியிலிருந்து விளிம்புவரை நாலாபக்கமும் கால்சைட் இழைகள் ஓடுவது வெறுங்கண்ணுக்கே தெரியும். இவை ஒவ்வொன்றும் மாதிரிதான். பையில் போட்டு எண் எழுதி ஆய்வகத்துக்குக் கொண்டுபோனாலும் மாதிரிதான். ‘ஸ்பெசிமன்’ என்பதற்கு அந்தச் சொல்லைத்தான் எல்லாரும் புழங்குகிறோம், புழங்கட்டும்.

ஹோலோடைப் அப்படிப்பட்டதல்ல. ஓர் இனத்துக்குப் பெயர் வைத்தவர், ‘இந்தப் பெயர் இந்த ஒற்றைப் பொருளோடு கட்டப்பட்டது’ என்று சுட்டிக்காட்டிய அந்த ஒன்று. அது அந்த இனத்தின் சிறந்த உருப்படியாக இருக்க வேண்டியதில்லை. சராசரியாகவும் இருக்க வேண்டியதில்லை. குட்டியாக, நோயுற்றதாக, பாதி உடைந்ததாக இருந்தாலும் செல்லும். விலங்குப் பெயரிடல் விதித்தொகுப்பே இவற்றைப் ‘பெயர் தாங்கும்’ பொருள்கள் என்றுதான் சொல்கிறது. மாதிரி என்றதும் நம் ஆட்கள் மனத்தில் எழுவது ‘இதைப்போலத்தான் மற்றதெல்லாம்’ என்பது. ஹோலோடைப் அந்த வாக்குறுதியைத் தருவதே இல்லை.

சந்தேகம் இருந்தால் டைட்டனோசாரஸ் இண்டிகஸ் என்ற டைனோசரைப் பாருங்கள். ஜபல்பூர் பாரா சிம்லா குன்றில் 1828ல் ஸ்லீமன் கண்டெடுத்த எலும்புகளில் வால் முள்ளெலும்புகளை வைத்து 1877ல் லிடெக்கர் கொடுத்த பெயர். அந்த முள்ளெலும்பின் முன்பக்கம் குழிந்து, பின்பக்கம் உருண்டு பந்துபோல் நீண்டிருக்கும். அன்றைக்கு அதுவே தனித்துவம். பிறகு தென்னமெரிக்காவிலும் மடகாஸ்கரிலும் அதே அமைப்பு கொண்ட விலங்குகள் வரிசையாகக் கிடைத்தன. ஓர் இனத்தின் அடையாளம் ஒரு பெருங்குழுவின் அடையாளமாகிவிட்டது. 2003ல் மறுஆய்வு செய்தவர்கள், இந்த எலும்பை வைத்து இனம் பிரிக்க முடியாது, பெயர் ஐயத்துக்குரியது என்றார்கள். எலும்பே காணாமற்போய், 2012ல் கொல்கத்தாவில் இந்திய நிலவியல் ஆய்வகத்தின் சேகரிப்பில் மறுபடி தட்டுப்பட்டது வேறு கதை. கிடைத்தும் பெயர் தேறவில்லை, ஆனால் அந்தப் பெயருக்கு அது மட்டுமே ஆதாரம் என்பதும் மாறவில்லை. இதைப் போய் ‘வகைமாதிரி’ என்றால் படிக்கிற பிள்ளை என்ன நினைக்கும்?

> ஹோலோ என்றால் முழு. ஆகவே ‘முழுவகை’ நேரான ஆக்கம்.

ஐயா, நேரானதுதான், அதுதான் சிக்கல். 1897ல் சார்லஸ் ஷூசெர்ட் அந்தச் சொல்லைப் புகுத்தியபோது, ஒற்றைப் பொருளே முழு ஆதாரத்தையும் சுமக்கிறது என்பதைத்தான் கருதினார். தமிழில் ‘முழுவகை’ என்று பலகையில் எழுதிப் பக்கத்தில் ஒரு பல்லை வைத்தால், ‘மீதி எங்கே சார்?’ என்று முதல் வகுப்புப் பிள்ளையே கேட்கும்.

என் பரிந்துரை ‘சான்று’. ஹோலோடைப் = மூலச்சான்று. நிலத்துக்கு மூலப்பத்திரம் எப்படியோ, பெயருக்கு இது அப்படி. நிலம் செழிப்பா தரிசா என்று பத்திரம் சொல்லாது. தகராறு வந்தால் எதைப் போய்ப் பார்க்க வேண்டும் என்பதை மட்டும் அது தீர்த்து வைக்கும். ‘டைப்’ என்ற பொதுச்சொல்லுக்குப் பெயர்ச்சான்று. அதிலிருந்து குடும்பம் முழுக்கக் கிளைக்கும். மூலச்சான்று அழிந்தோ தொலைந்தோ போய் வேறொன்றை நியமித்தால் (நியோடைப்) மாற்றுச்சான்று. பெயர் வைத்தவர் ஒன்றைக் குறிப்பிடாமல் பலவற்றை வைத்து எழுதியிருந்தால் (சின்டைப்) அவை எல்லாம் இணைச்சான்றுகள். பின்னால் வந்தவர் அவற்றுள் ஒன்றைத் தேர்ந்தெடுத்தால் (லெக்டோடைப்) தேர்சான்று.

பாராடைப்பை மட்டும் இந்த வரிசையில் சேர்க்கவில்லை, வேண்டுமென்றேதான். ஆசிரியர் மூலச்சான்றோடு சேர்த்து ஆராய்ந்த மற்றவை அவை. விதிப்படி பெயர் தாங்கும் தகுதி அவற்றுக்கு இல்லை. ஆகவே ‘துணைமாதிரி’. பெயரைச் சுமப்பது எதுவோ அதற்கு மட்டும் சான்று, மற்றதெல்லாம் மாதிரி என்று சொல்லிலேயே கோடு கிழித்துவிடலாம். ஆங்கிலத்தில் எல்லாவற்றுக்கும் டைப் என்று வால் ஒட்டி மாணவர்களைக் குழப்புகிறார்கள். நாமும் அந்தக் குழப்பத்தை ஏன் இறக்குமதி செய்ய வேண்டும்?

————

தஞ்சையிலிருந்து:

தம்பி, மடல் படித்தேன். வாதம் நன்று. ஆனால் பொருளை இவ்வளவு துருவ வேண்டுமா என்பதே என் கேள்வி. 1834ல் ஹார்லன் ஒரு பெரிய முள்ளெலும்பைக் கண்டு, கடல் ஊர்வன என்று எண்ணி பேசிலோசாரஸ், அதாவது ‘அரசப் பல்லி’ என்று பெயரிட்டார். ஐந்து ஆண்டு கழித்து ஓவன் அது திமிங்கிலம் என்று காட்டி வேறு பெயரும் முன்மொழிந்தார். எடுபடவில்லை, முந்திய பெயரே இன்றும் நிற்கிறது. திமிங்கிலத்தைப் பல்லி என்று அழைத்துக்கொண்டு ஒரு துறையே நடக்கும்போது, வகைமாதிரியால் என்ன குடி முழுகிவிடும்? பழகினால் எந்தச் சொல்லும் பொருள் தரும்.

இன்னொன்று. ‘சான்று’ ஏற்கெனவே சுமை மிகுந்த சொல். தொல்லியல் சான்று, பரிணாமச் சான்று, வருமானச் சான்று. பெயர்ச்சான்று என்றால் தாலுகா அலுவலகத்தில் வாங்குவதுபோல் இருக்கிறது.

————

கொழும்பிலிருந்து:

அண்ணை சொன்ன மூலச்சான்று எனக்குப் பிடிச்சிருக்கு. ஒரு சின்ன விசயம். எங்கட பாடப்புத்தகங்களில ஃபொசிலுக்கு உயிர்ச்சுவடு எண்டுதான் இருக்கு. இந்தக் குழுமத்தில தொல்லுயிர் எச்சம், புதைபடிவம் ரெண்டையும் மாத்தி மாத்தி எழுதுறியள். அதையும் ஒருக்கா முடிவு செய்தால் நல்லது. உயிர்ச்சுவட்டை விட்டிடச் சொல்லி மட்டும் கேக்காதேங்கோ.

————

தஞ்சை ஐயாவுக்கு,

பேசிலோசாரஸ் நல்ல அடி. ஆனால் அது இடுகுறிப் பெயர் கணக்கில் சேரும் ஐயா. அறிவியல் பெயர் எப்படிப் பிறந்திருந்தாலும், வைத்த பிறகு பொருள் பார்க்கக் கூடாது என்பது அந்த விதியின் அடிப்படையே. கலைச்சொல்லை நாம் காரணப் பெயராகத்தானே ஆக்குகிறோம்? ஒலிபெயர்ப்பு வேண்டாம் என்று மெனக்கெடுவதே, சொல்லைப் பார்த்ததும் பொருள் பிடிபட வேண்டும் என்பதற்காக. பொருள் பிடிபட வேண்டாம் என்றால் ‘ஹோலோடைப்’ கட்சியே ஜெயித்துவிட்டுப் போகட்டும்.

தாலுகா அலுவலக வாடை எனக்கும் அடிக்கிறது. அதை ஒரு குறையாக நான் பார்க்கவில்லை, ஏனென்றால் இந்த வேலையில் பாதி அந்த அலுவலக வேலைதான். தொல்பறவையான ஆர்க்கியாப்டெரிக்ஸ் கதையை எடுத்துக்கொள்ளுங்கள். 1861ல் ஹெர்மன் வான் மேயர் ஜெர்மனியின் சோல்ன்ஹோஃபன் பகுதியில் கிடைத்த ஒற்றை இறகை வருணித்துப் பெயரிட்டார். உலகம் ஆர்க்கியாப்டெரிக்ஸ் என்று மனத்தில் வைத்திருப்பதோ லண்டனிலும் பெர்லினிலும் இருக்கும் எலும்புக்கூடுகளை. அந்த இறகும் இந்த எலும்புக்கூடுகளும் ஒரே இனம் என்று யார் உறுதி சொல்வது? 2011ல் பன்னாட்டு விலங்குப் பெயரிடல் ஆணையம் தலையிட்டு, லண்டன் எலும்புக்கூட்டையே அந்தப் பெயருக்கு நியோடைப்பாக அறிவித்தது. 2019ல் ஒரு குழு லேசர் ஒளியில் பார்த்து, இறகு ஆர்க்கியாப்டெரிக்ஸுடையதே அல்ல என்றது. அடுத்த ஆண்டே இன்னொரு குழு மறுத்தது. எவர் சொன்னது சரியானாலும் பெயர் அசையாது, ஆவணம் மாறிவிட்டதே. இதைத் தமிழில் எழுதிப் பாருங்கள்: ‘இறகுக்குப் பதில் எலும்புக்கூடு மாற்றுச்சான்று ஆனது.’ ‘புதிய வகைமாதிரி ஆனது’ என்று எழுதினால், புதிய இனம் கண்டுபிடித்தார்கள் என்றுதான் படிப்பவர் எடுத்துக்கொள்வார்.

மாற்றுச்சான்று நியமிப்பதும் லேசான காரியமல்ல. எகிப்தின் பஹாரியாவில் கிடைத்த ஸ்பைனோசாரஸ் என்ற டைனோசரை 1915ல் ஸ்ட்ரோமர் வருணித்தார். 1944 ஏப்ரலில் மியூனிக் மீது விழுந்த குண்டுகளில் அந்த எலும்புகள் அழிந்தன, படங்கள்தான் மிஞ்சின. 2014ல் மொராக்கோவில் கிடைத்த எலும்புக்கூட்டை மாற்றுச்சான்றாக முன்மொழிந்தபோது எல்லாரும் ஒப்புக்கொள்ளவில்லை. முதல் பொருள் கிடைத்த இடத்துக்கு முடிந்தவரை நெருங்கிய இடத்திலிருந்து எடுக்க வேண்டும் என்பது விதி. எகிப்து எங்கே, மொராக்கோ எங்கே?

நம் ஊர்க் கதையும் இதே வழிதான், இன்னும் வருத்தமானது. அரியலூர்க் கல்லமேட்டில் கிடைத்த டைனோசர் எலும்புகளுக்கு 1980களின் பிற்பகுதியில் ப்ருஹத்காயோசாரஸ் மாட்லேயி என்று யாதகிரியும் அய்யசாமியும் பெயரிட்டார்கள். வடமொழியில் பேருடல். கீழ்க்கால் எலும்பு என்று சொல்லப்பட்டது மட்டும் ஏறக்குறைய 2 மீட்டர் நீளம். முதலில் ஊனுண்ணி வரிசையில் வைத்தார்கள். பின்னால் நீள்கழுத்துத் தாவர உண்ணியாகத்தான் இருக்க முடியும் என்று மாற்றினார்கள். கல்லாகிப்போன மரமோ என்று ஐயப்பட்டவர்களும் உண்டு. எடுத்துப் பார்த்துவிடலாம் என்றால் எலும்பு இல்லை. நொறுங்கிப் பொடியாகிவிட்டது என்று 2017ல் எழுதினார்கள். களிமண்ணில் ஊறிய எலும்பு, மழை பட்டு வெயில் பட்டு உதிர்வது அந்தப் பக்கம் வழக்கம்தான். 2022ல் பழைய களப் புகைப்படங்கள் வெளியானபின் எலும்புதான் என்ற பக்கம் வலுத்திருக்கிறது. ஆனாலும் அளந்து பார்க்கக் கையில் பொருள் இல்லை. உலகிலேயே பெரிய விலங்குகளில் ஒன்று என்று ஆண்டுக்கு ஒருமுறை நாளிதழில் வரும் செய்தி, மூலச்சான்று இல்லாத ஒரு பெயரைப் பற்றியது. இந்த வாக்கியத்தை ‘வகைமாதிரி இல்லாத பெயர்’ என்று எழுதிப் பார்த்தேன். என்ன இழந்தோம் என்பது அதில் தெரியவே இல்லை.

கொழும்பு நண்பருக்கு: உயிர்ச்சுவட்டை யாரும் தொட மாட்டோம். ஒரே தயக்கம், காலடி, வளை, ஊர்ந்த தடம் போன்றவற்றுக்குத் தனியாக ஒரு சொல் வேண்டுமே. ‘சுவடு’ அதற்கு அச்சில் வார்த்தாற்போல் பொருந்துகிறது. நீங்கள் அங்கே அந்தத் தடங்களை என்னவென்று எழுதுகிறீர்கள்? தனி இழை தொடங்குங்கள், இதில் கலக்க வேண்டாம்.

இன்னும் எனக்கே திருப்தி இல்லாத இடம் ‘இணைச்சான்று’. இணை என்றால் இரண்டு என்று தோன்றிவிடுகிறது, ஆனால் இணைச்சான்றுகள் இருபதுகூட இருக்கலாம். 1846ல் ஃபோர்ப்ஸ் புதுச்சேரி, விருத்தாசலம், திருச்சிப் பகுதிகளின் சிப்பிகளையும் அம்மோனைட்டுகளையும் (சுருள் ஓடுடைய, அற்றுப்போன கடல் உயிரிகள்) வருணித்த காலத்தில் ஒன்றைச் சுட்டும் வழக்கமே இல்லை. கையிலிருந்த எல்லாமே பெயரைத் தாங்கும். ‘கூட்டுச்சான்று’ என்றால் கூட்டுப் பட்டா நினைவுக்கு வருகிறது. பலருக்கும் சேர்ந்த ஒரே உரிமை என்பதால் அது பொருத்தமும்கூட. தேர்சான்றைத் தேர்ந்தெடுத்தவுடன் மற்றவை உரிமை இழந்துவிடுகின்றன. அவற்றை என்ன சொல்வது? பாராலெக்டோடைப் என்ற ஆறு முழச் சொல் இருக்கிறது. என் கோட்டின்படி அவையும் மாதிரிக்குத் திரும்ப வேண்டும். ‘ஒழிமாதிரி’ என்று எழுதிப் பார்த்தேன், நன்றாக இல்லை.

இந்த வாரம் அட்டவணையில் பெயர்ச்சான்று, மூலச்சான்று, மாற்றுச்சான்று, தேர்சான்று, துணைமாதிரி ஐந்தையும் ஏற்றிவிடுகிறேன். கூட்டுச்சான்றா இணைச்சான்றா என்பதையும், அந்தக் கடைசிச் சொல்லையும் ஞாயிற்றுக்கிழமைக்குள் யாராவது சொல்லுங்கள். தஞ்சை ஐயா, ‘ஐயப்பெயர்’ என்று டைட்டனோசாரஸ் போன்றவற்றுக்கு எழுதலாமா? அதிலும் உங்களுக்கு மறுப்பு இருக்கும் என்று தெரியும்.