வீட்டு ஐஸ்கிரீம் மூன்றாவது தடவையும் பாறையாகிவிட்டது, எங்கே தப்பு?

காவேரிக்கரை:
ஸ்கூல் லீவு விட்டதிலிருந்து பையன் ஐஸ்கிரீம் ஐஸ்கிரீம் என்று உயிரை எடுக்கிறான். தினமும் கடையில் வாங்கிக் கட்டுப்படியாகாது, சரி வீட்டிலேயே செய்துவிடலாம் என்று இறங்கினேன், மூன்று தடவை செய்தாயிற்று, மூன்றும் குப்பைக்கே போனது. அரை லிட்டர் பாலைக் காய்ச்சி, இரண்டு ஸ்பூன் கஸ்டர்டு பவுடரைக் கரைத்து ஊற்றி, கெட்டியானதும் இறக்கி, ஒரு பாக்கெட் ஃப்ரெஷ் கிரீமை அடித்துக் கலந்து, எவர்சில்வர் சம்படத்தில் ஊற்றி ஃப்ரீசரில் வைத்தேன். மறுநாள் திறந்தால் மேலே வெள்ளையாகப் பனி பூத்திருக்கிறது, கீழே பாறை. ஸ்பூன் வளைந்துவிட்டது. கத்தியால் குத்தினேன், டங் டங் என்று சத்தம், கீழ் வீட்டு அக்கா "என்னம்மா, ஆணி அடிக்கிறீங்களா" என்று கேட்டார்கள். எப்படியோ பெயர்த்து வாயில் போட்டால் நறநறவென்று ஐஸ் துகள், பால் ருசியே இல்லை.

இன்னொன்று, அந்த கிரீமை பீட்டரில் இருபது நிமிடம் அடித்தேன், நுரைத்ததே தவிர யூடியூபில் காட்டுகிற மாதிரி நிற்கவே இல்லை, சுவரெல்லாம் தெறித்ததுதான் மிச்சம். எங்களுடையது பழைய சிங்கிள் டோர் ஃப்ரிட்ஜ். மாமியாருக்குச் சுகர் இருப்பதால் சர்க்கரை மூன்று ஸ்பூன்தான் போட்டேன். மெஷின் வாங்கு என்று மட்டும் யாரும் சொல்லாதீர்கள், வைக்க இடமில்லை.

பால்கோவா:
அக்கா, உங்கள் கேள்வியிலேயே பதில் இருக்கிறது, மூன்று ஸ்பூன் சர்க்கரை. சர்க்கரை இனிப்புக்கு மட்டும் என்று நினைத்துவிட்டீர்கள். ஐஸ்கிரீமில் அதற்கு இன்னொரு வேலை உண்டு, தண்ணீர் மொத்தமும் உறைந்துவிடாமல் கொஞ்சத்தைத் திரவமாகவே பிடித்து வைத்திருப்பது. அதனால்தான் ஃப்ரீசரிலிருந்து எடுத்தாலும் ஸ்பூன் இறங்குகிறது. அரை லிட்டர் பாலுக்கு 100 கிராமாவது வேண்டும். கலவையை ருசி பார்க்கும்போது லேசாகத் திகட்ட வேண்டும், ஜில்லென்று ஆனபின் நாக்குக்கு இனிப்புக் குறைவாகத்தான் தெரியும். மாமியாருக்குத் தனியாக வேறு ஏதாவது செய்துகொடுங்கள், இதில் கைவைக்காதீர்கள்.

அடுத்தது பால். பாலில் பெரும்பங்கு தண்ணீர்தான், அது மெதுவாக உறைந்தால் பெரிய பெரிய படிகமாகும், நீங்கள் சொன்ன நறநற அதுதான். ஆரஞ்சு பாக்கெட் ஃபுல் கிரீம் பால் வாங்குங்கள், 6 சதவீதம் கொழுப்பு இருக்கும். அரை லிட்டரை அடிப்பிடிக்காமல் கிண்டி 350 மில்லிக்கு வற்றவிடுங்கள். இரண்டு ஸ்பூன் பால் பவுடர் சேர்த்தால் இன்னும் நல்லது. கஸ்டர்டு பவுடர் என்பது கலரும் வாசனையும் போட்ட சோளமாவு, அது இருக்கட்டும், தண்ணீரைப் பிடித்துக்கொள்ளும். ஆனால் ஒரு ஸ்பூன் போதும், கூடினால் மாவு வாடை அடிக்கும்.

கிரீம் நிற்காததற்கு உங்கள் கை காரணமில்லை. பாக்கெட் ஃப்ரெஷ் கிரீமில் 25 சதவீதம்தான் கொழுப்பு, காற்றைப் பிடித்து நிற்க 30க்கு மேல் வேண்டும். விப்பிங் கிரீம் என்று கேட்டு வாங்குங்கள், 200 மில்லி போதும். வாங்கும்போது அட்டையைப் படியுங்கள், கேக் சாமான் கடையில் கிடைப்பதில் பாதிக்கு மேல் தாவர எண்ணெயில் செய்தது. அதுவும் சூப்பராக எழும்பும், ஆனால் சாப்பிட்டபின் மேல் அண்ணத்தில் மெழுகு ஒட்டின மாதிரி இருக்கும், அதில் ஏற்கெனவே சர்க்கரையும் இருக்கும், அதற்கேற்பக் குறைத்துக்கொள்ள வேண்டும். நம் நாட்டுச் சட்டப்படி ஐஸ்கிரீம் என்று அட்டையில் போட 10 சதவீதம் பால் கொழுப்பு வேண்டும், தாவர எண்ணெய் என்றால் ஃப்ரோசன் டெசர்ட் என்றுதான் போட முடியும். அடுத்த முறை கடை டப்பாவைத் திருப்பிப் பாருங்கள், சிரிப்பு வரும்.

அடிக்கும்போது பாத்திரம், பீட்டர் கம்பி, கிரீம் எல்லாம் ஜில்லென்று இருக்க வேண்டும். மே மாத வெயிலில் சமையலறையில் வைத்து அடித்தால் கொழுப்பு இளகிவிடும். பெரிய தட்டில் ஐஸ் கட்டி பரப்பி அதன்மேல் பாத்திரத்தை வைத்து அடியுங்கள். கம்பியைத் தூக்கினால் முனை வளைந்து நிற்கிறதா, அதோடு நிறுத்துங்கள். ஆசைப்பட்டு இன்னும் இரண்டு நிமிடம் அடித்தால் வெண்ணெய் திரண்டு வந்துவிடும், எனக்கு வந்திருக்கிறது, அன்றைக்குச் சப்பாத்திக்குத் தடவிச் சாப்பிட்டோம்.

கல்லுப்பு:
மெஷின் வேண்டாம் என்ற பெண்ணுக்கு என் வாழ்த்துகள். நாங்கள் சின்னப் பிள்ளைகளாக இருந்தபோது ஃப்ரிட்ஜே கிடையாது, ஆனாலும் வருஷத்துக்கு ஒரு நாள், பெரியப்பா ஊரிலிருந்து வரும்போது, ஐஸ்கிரீம் உண்டு. மரவாளி ஒன்றைக் கடன் வாங்கிவருவார்கள். ஐஸ் பாக்டரியிலிருந்து பாளமாக ஐஸ், மரத்தூளில் புரட்டிச் சாக்கில் சுற்றி சைக்கிள் கேரியரில் வரும். அதை உலக்கையால் உடைத்து, வாளியில் ஒரு அடுக்கு ஐஸ், ஒரு அடுக்குக் கல்லுப்பு என்று போட்டு நடுவில் பால் டப்பா. கைப்பிடியைச் சுற்ற வேண்டும். முதலில் சுற்ற எல்லாருக்கும் போட்டி, இறுக ஆரம்பித்தவுடன் ஆளைக் காணோம், கடைசியில் பெரியவர்கள்தான் மூச்சுவாங்கச் சுற்றுவார்கள். வாளி ஆடாமலிருக்க அதன்மேல் சாக்கைப் போட்டு என்னை உட்காரவைப்பார்கள், எடை குறைந்த ஆள் என்பதால் அதிகப் பயனில்லை, பின்பக்கம் மரத்துப்போனதுதான் கண்ட பலன்.

இப்போது விஷயத்துக்கு வருகிறேன். வாளி இல்லாமலே செய்யலாம். ஒரு பெரிய அண்டா, உள்ளே மூடி இறுக்கமான எவர்சில்வர் தூக்கு. நொறுக்கிய ஐஸ் 3 கிலோவுக்குக் கல்லுப்பு 1 கிலோ. தூக்கில் முக்கால் பாகத்துக்கு மேல் பால் ஊற்றக்கூடாது. அண்டாவுக்குள் அதை இறக்கி, கைப்பிடியைப் பிடித்து இந்தப் பக்கமும் அந்தப் பக்கமுமாகத் திருகிக்கொண்டே இருங்கள். ஐந்து நிமிடத்துக்கு ஒரு தடவை மூடியைச் சுற்றி நன்றாகத் துடைத்துவிட்டுத் திறந்து, ஓரத்தில் உறைந்ததை மரக்கரண்டியால் சுரண்டி நடுவில் தள்ளுங்கள். அரை மணி, முக்கால் மணியில் குழைவாக வந்துவிடும். துடைக்காமல் திறந்தால் உப்புத் தண்ணீர் உள்ளே சொட்டி மொத்தமும் பாழ்.

உப்பு எதற்கு என்று பேரன் கேட்டான். ஐஸ் தானாக இருந்தால் 0 டிகிரிதான். உப்புப் பட்டதும் அது வேகமாக உருகும், உருகுவதற்கு வேண்டிய சூட்டைப் பக்கத்தில் இருக்கிற பாலிலிருந்து உறிஞ்சிக்கொள்ளும். சரியான அளவில் கலந்தால் கழித்தல் 21 டிகிரி வரை போகும் என்பது கணக்கு, வீட்டு அண்டாவில் அவ்வளவு இறங்காது, ஆனாலும் பழைய சிங்கிள் டோர் ஃப்ரீசரை விட வேகமாக உறைய வைக்கும். வெறும் கையால் அந்த ஐஸைப் பிடிக்காதீர்கள், தோல் பொத்துப்போகும். அப்புறம் மிஞ்சிய தண்ணீரைத் துளசிச் செடியில் ஊற்றிவிடாதீர்கள். நான் ஊற்றி, இன்று வரை பேச்சு வாங்கிக்கொண்டிருக்கிறேன்.

மரத்தூள் என்றதும் ஒன்று ஞாபகம் வருகிறது. சென்னை கடற்கரைச் சாலையில் விவேகானந்தர் இல்லம் இருக்கிறதே, அது ஐஸ் வைக்கக் கட்டிய கட்டடம், ஐஸ் ஹவுஸ் என்றுதான் பேர். அமெரிக்காவில் குளத்து ஐஸை அறுத்து மரத்தூளில் பொதிந்து கப்பலில் கொண்டுவந்து இங்கே விற்றார்கள், 1833இல் முதலில் கல்கத்தாவுக்கு வந்தது, பிறகு மெட்ராஸுக்கு. நாம் பவர்கட் வந்தால் இரண்டு மணி நேரம் தாங்க மாட்டேன் என்கிறோம்.

வடமராட்சி:
பவர்கட் என்றதும் எனக்குச் சிரிப்புத்தான் வந்தது அண்ணா. 2022 மார்ச் கடைசியில் இங்கே இலங்கையில் எங்களுக்கு ஒரு நாளைக்கு 13 மணித்தியாலம் கரண்ட் இல்லை, வீட்டில் வைத்திருந்த ஐஸ்கிறீம் உருகி, கரண்ட் வர உறைந்து, திரும்ப உருகி, கடைசியில் அதைச் சுரண்டிப் பார்த்தால் மேலே ஒரு அடுக்குக் கொழுப்பு, கீழே இனிப்புப் பனிக்கட்டி. உருகினதைத் திரும்ப உறைய வைக்கக்கூடாது என்று அன்றைக்குத்தான் விளங்கினது.

அக்கா, எங்கட பக்கம் பெரும்பாலும் ரின்பாலில்தான் (நீங்கள் கண்டென்ஸ்டு மில்க் என்பது) செய்வம். ரின்பாலில் தண்ணீரை முதலே வற்ற வைத்துவிட்டார்கள், பாதிக்குக் கிட்டச் சீனியும் அதிலேயே இருக்கிறது, அதனால் நீங்கள் படுகிற இரண்டு கரைச்சலும் இல்லை. விப்பிங் கிறீம் இரண்டு கோப்பையை அடித்து, ஒரு ரின் பாலை மெல்ல மெல்ல மடித்துக் கலந்து, வனிலா விட்டு மூடி வைத்தால் சரி, இடையில் எடுத்து அடிக்கத் தேவையில்லை. கிறீம் கிடைக்காத நாட்களில் அம்மா பால்மாவைக் கட்டியாகக் கரைத்து, ஜெலற்றின் இரண்டு தேக்கரண்டியைச் சுடுதண்ணீரில் கரைத்து ஊற்றி, பாதி இறுகினதும் எடுத்து பீற்றரால் அடிப்பா. அது இரண்டு மடங்காகப் பொங்கி வரும். நல்லூர்த் திருவிழா நேரம் கோயிலடிக் கடைகளில் வரிசையில் நின்று குடிக்கிற ஐஸ்கிறீம் மாதிரி வராது என்பது உண்மை (ஓம், நாங்கள் ஐஸ்கிறீமைக் குடிப்பம், சண்டைக்கு வராதீர்கள்), ஆனால் வீட்டுக்கு வடிவாகப் போதும்.

காவேரிக்கரை:
எல்லாருக்கும் நன்றி. ஐஸ்கிரீமைக் குடிப்பதா, எங்கள் வீட்டில் அரை மணி நேரமாக அதே பேச்சு. ஜெலட்டின் மாட்டிலிருந்து வருகிறது என்பதால் எங்கள் வீட்டில் நுழையாது. தூக்கு வழி ஆசையாக இருந்தது, ஆனால் இங்கே மொத்தமாக ஐஸ் மீன் மார்க்கெட்டில்தான் கிடைக்கிறது, தூக்குக்கு வெளியேதானே என்று எவ்வளவு சொல்லியும் மாமியார் வாசல் தாண்ட விடவில்லை. அதனால் பால்கோவா சொன்னபடி செய்கிறேன். சிஎம்சி பவுடர், ஜிஎம்எஸ் பவுடர் போடச் சொல்லி நிறைய பேர் வீடியோ போடுகிறார்களே, அது கெமிக்கல்தானே, குழந்தைக்குக் கொடுக்கலாமா?

பால்கோவா:
கடை ஐஸ்கிரீமில் சாப்பிடுவது அதைத்தான் அக்கா, பயப்பட ஒன்றுமில்லை. சிஎம்சி தாவர நாரிலிருந்து எடுப்பது, தண்ணீரைப் பிடித்து வைக்கும். ஜிஎம்எஸ் கொழுப்பையும் தண்ணீரையும் பிரியாமல் சேர்த்து வைத்துக் காற்று ஏற உதவும். அரை லிட்டருக்கு ஜிஎம்எஸ் ஒரு டேபிள்ஸ்பூன், சிஎம்சி கால் டீஸ்பூனுக்கும் கம்மி. சிஎம்சி கூடினால் ஐஸ்கிரீம் உருகாமல் பசை மாதிரி நூல் இழுக்கும். ஆனால் பாலை வற்றவைத்து நல்ல கிரீமும் போட்டால் இரண்டும் தேவையில்லை, என் அபிப்பிராயம்.

முக்கியமானதைச் சொல்ல மறந்துவிட்டேன். பழைய சிங்கிள் டோர் என்றீர்களே, ஃப்ரீசருக்குள் ஐஸ் படிந்து குகை மாதிரி இருக்கும், முதல் நாளே டீஃப்ராஸ்ட் செய்துவிட்டுக் குமிழைக் கடைசி எண்ணுக்குத் திருப்பி வையுங்கள். பால் கலவையைச் சூட்டோடு உள்ளே வைக்கவே கூடாது. ஆறவைத்து, ஃப்ரிட்ஜின் கீழ்த்தட்டில் ராத்திரி முழுக்க வைத்து, காலையில் கிரீம் கலந்து அகலமான பாத்திரத்தில் இரண்டு விரற்கடை உயரத்துக்கு ஊற்றுங்கள். ஆழமான சம்படத்தில் நடுப்பகுதி உறைய ராத்திரியாகிவிடும். முக்கால் மணிக்கு ஒரு தடவை எடுத்து ஓரத்தைச் சுரண்டிக் கலக்க வேண்டும், மூன்று நாலு தடவை. முடியவில்லையா, முக்கால் பாகம் உறைந்ததும் துண்டு போட்டு மிக்ஸியில் விட்டு விட்டு இரண்டு சுற்று. ஜாரை முன்னமே ஃப்ரீசரில் வைத்திருங்கள், இல்லையென்றால் மிக்ஸி சூட்டில் மில்க் ஷேக் ஆகிவிடும். கடைசியாக மேலே பாலித்தீன் தாளை ஐஸ்கிரீமோடு ஒட்டினாற்போல் போட்டு மூடுங்கள், இடைவெளி விட்டால்தான் அந்த வெள்ளைப் பனி.

பானைக்குல்ஃபி:
இவ்வளவு மெனக்கெடுவதற்குக் குல்ஃபி செய்துவிட்டுப் போகலாம். ஒரு லிட்டர் பால் 400 மில்லியாகும் வரை வற்றட்டும், ஓரத்தில் ஒட்டுகிற ஆடையைச் சுரண்டிச் சுரண்டி உள்ளே போடுங்கள், சர்க்கரை, ஏலக்காய், பொடித்த பிஸ்தா, டம்ளரில் ஊற்றிக் குச்சி செருகினால் வேலை முடிந்தது. அடிக்கவும் வேண்டாம், காற்று ஏற்றவும் வேண்டாம். குல்ஃபி கெட்டியாக இருப்பதுதான் அழகு, யாரும் குறை சொல்ல முடியாது. என்ன, அடுப்பு முன்னால் முக்கால் மணி நேரம் நிற்க வேண்டும், அதுவும் மே மாதத்தில்.

காவேரிக்கரை:
வந்துவிட்டது! ஞாயிற்றுக்கிழமை வைத்தேன், மிக்ஸி வழிதான். சர்க்கரை 100 கிராம் போடும்போது கை நடுங்கியது. ஸ்பூன் இறங்குகிறது, ஒரு ஓரத்தில் மட்டும் கொஞ்சம் ஐஸ் தட்டுப்பட்டது, அந்தப் பக்கத்தைச் சரியாகச் சுரண்டவில்லை போல. கடை ஐஸ்கிரீம் அளவுக்குப் பஞ்சு மாதிரி இல்லை, ஆனால் பால் வாசனை தூக்கலாக இருக்கிறது. மாமியாருக்கென்று சர்க்கரை இல்லாமல் பழம் நறுக்கி வைத்திருந்தேன், அதைப் பையனிடம் தள்ளிவிட்டு அவர்கள் இரண்டு கிண்ணம் சாப்பிட்டுவிட்டார்கள், மாத்திரை போட்டுக்கொள்கிறேன் என்று பதில் வேறு. வீட்டில் ஒரு கூடை பங்கனப்பள்ளி பழுத்துக்கொண்டிருக்கிறது, அடுத்து மாம்பழம் போடலாமா, கூழை அப்படியே கலக்கலாமா?

பால்கோவா:
அப்படியே கலக்காதீர்கள், பழத்திலும் தண்ணீர்தான், மறுபடி பாறைக்குப் போய்விடுவீர்கள். கூழை இரண்டு ஸ்பூன் சர்க்கரையோடு அடுப்பில் வைத்து, கரண்டியால் கோடு இழுத்தால் உடனே மூடாத அளவுக்குச் சுருக்குங்கள். நன்றாக ஆறி ஜில்லென்று ஆனபிறகு, ஜில்லென்ற பாலில்தான் சேர்க்க வேண்டும், சூடான பாலில் ஊற்றினால் திரிந்துவிடும். நார் இருந்தால் வடிகட்டிவிடுங்கள். கஸ்டர்டு பவுடர் இந்தத் தடவை வேண்டாம், வனிலா வாசனை மாம்பழத்தை அமுக்கிவிடும்.