முதல் தோட்டா மட்டும் ஏன் தனியா "டப்"னு? கேனை ஈரமாக்கிச் சுட்டவங்க வாங்க

டெக்சஸ்_சப்சானிக்
கேனை, அதாவது துப்பாக்கி சத்தத்தை அடக்குற சைலென்சரை, ஈரமாச் சுடலாமா உலர்வாச் சுடலாமாங்கிற சண்டை பழசுதான். ஆனா இது ஒண்ணு மட்டும் மண்டையைக் குடையுது. 9 மி.மீ பிஸ்டல், 147 கிரெயின் எடைக் குண்டு, சப்சானிக் (ஒலியைவிட மெதுவாப் போறது). உலர்வா பத்துத் தோட்டா: முதலாவது "டப்"னு தனியாத் தெறிச்சது, மிச்ச ஒன்பதும் ஒரே சீரா அமுங்கின சத்தம். அப்புறம் கேனைக் கழற்றி, பின்வாய் வழியா ஒரு டீஸ்பூன் தண்ணி, அதாவது 5 மில்லி. ரெண்டு முனையையும் விரலால மூடிக் குலுக்கி, மிச்சத்தை வடிச்சுட்டு மாட்டி அடுத்த பத்து. முதல் தோட்டாவுக்கு ஸ்லைடு (பிஸ்டல் மேல முன்னும் பின்னும் ஓடுற பாகம்) அடிக்கிற சத்தம்தான் பெருசாக் கேட்டது! ஏழு, எட்டு வரும்போது பழைய உலர்ந்த சத்தம் திரும்பிடுச்சு. வேற யாருக்காவது இவ்வளவு பளிச்சுனு தெரிஞ்சிருக்கா?

பேஃபிள்_பித்தன்
தெரியாம இருந்தாத்தான் அதிசயம். சுடாத கேனுக்குள்ள இருக்கிறது காத்து, காத்துல ஆக்சிஜன். குழல்ல இருந்து வர்ற, பாதி எரிஞ்ச வாயு அதைப் பார்த்ததும் உள்ளேயே திரும்பப் பத்திக்கும். அதுதான் அந்த "டப்". ரெண்டாவது தோட்டாவுக்கு உள்ளே இருக்கிறது முந்தின வெடிப்போட கழிவு வாயு, எரிய ஆக்சிஜன் இல்ல.

தண்ணிக் கணக்கும் லேசுதான். 9 மி.மீ தோட்டாவுல மருந்து தோராயமா 5 கிரெயின், 0.32 கிராம். எரிஞ்சா 1,300 ஜூல் பக்கம் வரும். குண்டு எடுத்துட்டுப் போறது 450, 500. மிச்ச வெப்பத்துல பெரும்பகுதி வாயுவோட கேனுக்குள்ள வருது. 1 கிராம் தண்ணி ஆவியாக 2,260 ஜூல் குடிக்கும். அப்போ ஒரு தோட்டாவோட சூட்டை அடக்க அரை கிராம் தண்ணிகூட அதிகம். வாயு குளிர்ந்தா அழுத்தம் இறங்கும், சத்தமும் இறங்கும். 5 மில்லிக்கு மேல ஊத்தினா லாபமில்ல, முகத்துலதான் தெறிக்கும்.

உலர்வா ஒரு தோட்டா சுட்டு, ஸ்லைடைத் திறந்து வச்சு, காத்து திரும்ப உள்ளே போக ரெண்டு நிமிஷம் விட்டுட்டு அடுத்ததைச் சுட்டுப் பாருங்க.

கரிமூக்கு
தண்ணியெல்லாம் வழியும். கன் ஆயில் நாலு சொட்டு விட்டா முடிஞ்சது.

ஓஹையோ_ரேஞ்ச்
@கரிமூக்கு, எண்ணெய் எரியுற சரக்கு! வெப்பத்தைக் குடிக்க வேண்டிய இடத்துல விறகைப் போடுறீங்க. மூடின ரேஞ்சுல ரெண்டு மேகசின் போனா புகை கண்ணைக் கரிக்கும், பக்கத்து லேன்காரர் முறைப்பார். வழியுறதுதான் பிரச்சினைன்னா எலக்ட்ரீஷியன் கேபிள் இழுக்கத் தடவுற வயர் ஜெல் இருக்கே, தண்ணியில செஞ்சது, பேஃபிள்ல (கேனுக்குள்ள இருக்கிற தடுப்புத் தட்டு) ஒட்டிக்கும், தண்ணியைவிட அதிகத் தோட்டா தாங்கும். அல்ட்ராசவுண்ட் ஜெல்லும் அப்படித்தான்.

இன்னொண்ணு. 115 கிரெயின் போட்டுட்டு "ஈரமாக்கியும் பிரயோஜனமில்ல"ன்னு யாரும் வராதீங்க. அது ஒலி வேகத்தை, வினாடிக்கு 343 மீட்டரை, தாண்டிப் போகுது, அதனால வர்ற சொடுக்குச் சத்தம் கேனுக்கு வெளியே, குண்டு போற வழியில பிறக்குது. 124 கிரெயின் எல்லையில நிக்கும். குளிர்காலக் காலையில, 0 டிகிரியில ஒலி வேகமே 331தான், அப்போ வெயில்ல அடங்கின தோட்டாகூடச் சொடுக்கும்.

நீளக்குழல்
5.56 ரைஃபிள் கேன்ல இதை முயற்சி பண்ணவே வேண்டாம். தண்ணி அமுங்காது. ரைஃபிள் அழுத்தத்துல அதை உள்ளே வச்சா பேஃபிளுக்கு ஆபத்து. தயாரிப்பாளர் கையேட்டுல அனுமதி இல்லேன்னா உலர்வுதான். பிஸ்டல்லயும் மாட்டின பிறகு குழல் வாயைக் கீழே பிடிங்க. குழலுக்குள்ள தண்ணி ஓடி நின்னா அது அடைப்பு.

ஈயக்கை
யாரும் கேக்கல, இருந்தாலும் சொல்றேன். 2026 ஜனவரியில அமெரிக்காவுல கேனுக்கான 200 டாலர் வரி பூஜ்யமானதும் நிறையப் பேர் முதல் கேனா .22 (சின்னத் தோட்டாவுக்கானது) வாங்கியிருக்கீங்க (பதிவு இன்னும் உண்டு, மறந்துடாதீங்க). .22-ஐ ஈரமாச் சுட்டா ஈயமும் கரியும் சேறாக் குழையும். அன்னிக்கே பிரிச்சுடுங்க, காய்ஞ்சா கல்லு. பேஃபிளைக் கழற்றும்போது வரிசையைக் குறிச்சு வையுங்க, மாத்தி அடுக்கினா குண்டு உரசும். அலுமினியம்னா அமோனியா கலந்த கிளீனர் தொடாதீங்க, அரிக்கும். பிஸ்டல் கேனா இருந்தா பூஸ்டர் (கேன் மாட்டினாலும் பிஸ்டல் சரியா இயங்க உதவுற பாகம்) பிஸ்டனையும் ஸ்பிரிங்கையும் துடைச்சு, கிரீஸ் வச்சு மூடுங்க. ஸ்டீல் பேஃபிளை ஈரத்தோட பெட்டியில போட்டா துரு.

அப்புறம் "டிப்". வினிகரும் ஹைட்ரஜன் பெராக்சைடும் பாதிக்குப் பாதி கலந்து முக்கினா ஈயம் கரைஞ்சு போகும்தான். கரைஞ்சது லெட் அசிடேட். தோல் வழியா ஏறுற விஷம். அதைச் சமையலறை சிங்க்ல கொட்டுற வீடியோவைப் பார்த்ததுல இருந்துதான் இதை எங்கே போனாலும் எழுதுறேன். அலுமினியத்தையும் அது தின்னுடும். கையுறை போட்டுக் கையாலயே சுரண்டுங்க, நேரம் போனாப் போகட்டும்.

கரிமூக்கு
நாலு சொட்டுக்கு இவ்வளவு பேச்சா. சரி, டெசிபல் எவ்வளவு குறைஞ்சதுன்னு யாராவது அளந்தீங்களா?

பேஃபிள்_பித்தன்
போன்ல இருக்கிற ஆப்பை நம்பாதீங்க. இந்த உச்சம் மைக்ரோ செகண்டுல வந்து போகுது, போன் மைக் அதைப் பிடிக்காது. ராணுவ முறையில குழல் வாய்க்கு இடப்பக்கம் 1 மீட்டர் தள்ளி, தரையில இருந்து 1.6 மீட்டர் உயரத்துல மைக் வைப்பாங்க. அது வாய்ப்பக்க எண். சுடுறவர் காதுல கேக்கிறது வேற, ஸ்லைடு வழியா வர்ற வாயுவும் அதுல சேரும்.

டெக்சஸ்_சப்சானிக்
ரெண்டு நிமிஷம் விட்டுச் சுட்டாச்சு, உலர்வா, அஞ்சு தடவை. அஞ்சு தடவையும் "டப்". இருபது செகண்ட் விட்டா மூணுல ஒண்ணுதான். ஜெல் வாங்கியிருக்கு, அடுத்தது அது.