எண்ணின் ஒளியைக் கூறுபோடும் மந்திரத்துக்கு ‘பகல்’ என்றே பெயர் வைக்கலாமா?

அன்புள்ள நண்பர்களுக்கு,

என் கதையில் எண்ணின் ஒளியைக் கூறுபோடும் ஒரு மந்திரம் வருகிறது. அதற்குப் பெயராக நான் கேட்ட ஒரு சொல்லுக்கு இத்தனை பேர் உட்கார்ந்து யோசித்து எழுதியிருக்கிறீர்கள். மிக்க நன்றி. ஒவ்வொரு சொல்லையும் கதையில் அதற்குரிய இடத்தில் போட்டு உரக்க வாசித்துப் பார்த்தேன். அப்போதுதான் தெரிந்தது, மந்திரத்தின் விதியை முதல் மடலில் நான் அரைகுறையாகச் சொல்லியிருக்கிறேன். அதனால் சிலர் எண்ணைக் காரணிகளாகப் பிரிக்கும் காரணிப்படுத்தலுக்குச் சொல் தேடினீர்கள், சிலர் ஒளியை நிறங்களாகப் பிரிக்கும் நிறப்பிரிகைக்குத் தேடினீர்கள். என் கதையில் இரண்டும் ஒரே செயல்.

விதி இதுதான். ஒவ்வொரு பகா எண்ணுக்கும், அதாவது ஒன்றாலும் தன்னாலும் மட்டுமே மீதியின்றி வகுபடும் எண்ணுக்கும், ஒரு தனி ஒளி உண்டு. 2-க்குச் சிவப்பு, 3-க்கு நீலப்பச்சை, 5-க்குக் கருநீலம், 7-க்கு ஊதா. ஹைட்ரஜன் வாயு ஒளிரும்போது கண்ணுக்குத் தெரியும் நான்கு கோடுகளின் நிறங்கள் இவை. அவற்றின் அலைநீளம் 656, 486, 434, 410 நானோமீட்டர். 1885-இல் பாசல் நகரத்துப் பள்ளி ஆசிரியர் யோகான் பால்மர், இந்த நான்கையும் முழு எண்களைக் கொண்ட ஒரே சிறிய வாய்பாட்டுக்குள் கொண்டுவந்தார். அவருடைய எண்கள் 3, 4, 5, 6. அந்த இருக்கைகளில் நான் 2, 3, 5, 7-ஐ உட்கார வைத்துவிட்டேன். பால்மரின் கோடுகள் போகப் போக நெருங்கி நெருங்கி 364.6 நானோமீட்டர் என்ற எல்லையை நோக்கிக் குவியும், அதைத் தாண்டாது. பகா எண்களுக்கோ முடிவே இல்லை. முடிவில்லாத வரிசையை அளவான இடத்தில் அடுக்க இதைவிட நல்ல வழி எனக்குக் கிடைக்கவில்லை.

ஐந்தாவது கோடு 397 நானோமீட்டரில், பார்வையின் விளிம்பில் இருக்கிறது. அங்கே 11. கதையில் அதுதான் மனிதக் கண்ணுக்குப் பிடிபடாத முதல் ஒளி.

பகு எண் என்றால் கலவை, பகா எண்களைப் பெருக்கினால் வருவது. 12-இன் விளக்கில் இரண்டு பங்கு சிவப்பும் ஒரு பங்கு நீலப்பச்சையும் சேர்ந்து எரியும். அதைக் கூறுபோட்டால்தான் ஆற்றல் வெளியே வரும். இப்போது 77-ஐ நினைத்துப் பாருங்கள். 7-இன் ஊதா மட்டும் தெரியும். வெறும் 7 தானே என்று கைவைக்கும் மாணவனை உள்ளே ஒளிந்திருக்கும் 11 எரித்துவிடும். கதையில் விழும் முதல் சாவு அதுதான். ஓடிவரும் ஆசான் அந்த நொடியில் கத்தும் சொல்லைத்தான் தேடிக்கொண்டிருக்கிறேன்.

நீங்கள் எழுதிய சொற்களில் ‘ஒளிக்காரணியாக்கம்’ பொருளைத் துல்லியமாகச் சொல்கிறது, ஒப்புக்கொள்கிறேன். ஆனால் “ஒளிக்காரணியாக்கம் செய்யாதே!” என்று ஆசான் சொல்லி முடிப்பதற்குள் பையன் சாம்பலாகிவிடுவான். பாடநூலில் வாழும் சொல், வாயில் வாழாது.

‘எண்பிரிகை’ மீது எனக்கு உண்மையிலேயே ஆசை வந்தது. நிறப்பிரிகை போல எண்பிரிகை, நிறமாலை போல எண்மாலை, கேட்டதுமே புரிகிறது. தயக்கம் ஒன்றே ஒன்று. கூட்டுச்சொல்லின் முன்னால் வரும் ‘எண்’ தமிழில் எட்டையும் குறிக்கும். எண்கோணம், எண்திசை, எண்சாண் உடம்பு. எண்மாலை என்றால் எட்டு மாலையா என்று ஒருவர் நின்றுவிடுவார். எண்களே உயிராக இருக்கும் கதையில், எட்டு என்ற ஒரு குறிப்பிட்ட எண் தவறுதலாக உள்ளே நுழைவதை என்னால் பொறுத்துக்கொள்ள முடியவில்லை. எட்டு என்பது மும்முறை சிவப்பு, வேறெதுவும் இல்லை. அதற்கென்று ஒரு அத்தியாயமே இருக்கிறது.

அப்புறம்தான் ‘பகு’ என்ற வேரிடம் போனேன். போனபின் திரும்பி வர மனமில்லை.

நியூட்டன் 1672-இல் வெளியிட்ட சோதனையை நினைவுபடுத்திக்கொள்ளுங்கள். முப்பட்டகம் என்ற முக்கோணக் கண்ணாடியில் பிரிந்த நிறங்களில் ஒன்றை மட்டும் ஒரு துளை வழியாக விட்டு, இரண்டாவது முப்பட்டகத்தில் செலுத்தினார். அது வளைந்தது, ஆனால் வேறு நிறங்களாகப் பிரியவில்லை. மேற்கொண்டு பகாத நிறம்! பகா எண்ணுக்கும் இதே இலக்கணம்தானே? ஒளிக்கும் எண்ணுக்கும் இடையே நான் கற்பனையில் கட்டிய பாலம், ‘பகா’ என்ற ஈரெழுத்துச் சொல்லில் ஏற்கனவே இருக்கிறது.

இதைவிடப் பெரிய மகிழ்ச்சி ‘பகல்’. பகு என்ற வினையிலிருந்து வந்த சொல் அது. பழந்தமிழில் அதற்குப் பிரிதல் என்றும் பொருள். 851-ஆம் குறளில் ‘பகல் என்னும் பண்பின்மை’ என்பது மனம் ஒட்டாமல் பிரிந்து நிற்பதைத்தான் சொல்கிறது. பட்டினப்பாலையில் நுகத்தின் நடுவிலிருக்கும் ஆணிக்குப் பகல் என்று பெயர், இரு பக்கமாகப் பகுக்கும் இடம் என்பதால். பகற்பொழுது என்பதும், சூரியன், வெளிச்சம் என்பதும் அதே சொல்லுக்கு உள்ள மற்ற பொருள்கள். பிரித்தலும் வெளிச்சமும் ஒரே சொல்லுக்குள் குடியிருக்கும்போது நாம் ஏன் புதிதாக ஒன்றை ஒட்டவைக்க வேண்டும்?

ஆகவே என் முன்மொழிவு: இந்தக் கலைக்குப் பெயர் பகல். தனி எண்ணின் ஒளி, பகா ஒளி. கலவையிலிருந்து பிரிந்து வரும் ஒவ்வொரு கூறும் பகவு. எள்ளின் பிளவை ‘எட்பகவு’ என்று குறள் சொல்கிறதே, அந்தப் பகவுதான். செயலைச் சொல்லும்போது பகுத்தான், பகுக்கிறாள் என்று வினையாகவே எழுதலாம். ஆசான் கத்துவது “பகுக்காதே!” ஒரே மூச்சில் வந்துவிடுகிறது.

எதிர்ப்பு என்ன வரும் என்று தெரியும். பகல் என்றதும் யாருக்கும் பொழுதுதான் நினைவுக்கு வரும். “அவன் பகல் கற்றான்” என்ற வரி முதல் பக்கத்தில் தடுக்கும். தடுக்கட்டும் என்று நினைக்கிறேன். இரவில் மட்டுமே இந்த மந்திரம் பலிக்கும் என்பதால், “நள்ளிரவில் பகல் கற்றார்கள்” என்று எழுதும்போது அந்தத் தடுக்கலே கதைக்குள் இழுக்கும் கயிறாகிறது. ஆனால் ‘பகல் முடிந்தது’ போன்ற இருபொருள் வரிகளை மட்டும் கவனமாகத் தவிர்க்க வேண்டும்.

தீராத சிக்கல் ஒன்று மிச்சம். கூறுபோடப் பயன்படும் கல்லுக்கு என்ன பெயர்? முப்பட்டகம் ஒத்துவராது, என் கல்லுக்கு மூன்று பட்டைகள் இல்லை. அது கூழாங்கல் போல உருண்டையானது. இலங்கைப் பாடநூல்களில் வரும் ‘அரியம்’ அழகான சொல், ஆனால் அது பகு குடும்பத்தில் சேரவில்லை. பகற்கல் என்று எழுதிப் பார்த்தேன். பகற்கனவு, பகற்கொள்ளை வரிசையில் போய் நின்றுகொண்டு, பகலில் கிடைக்கும் கல் போலத் தொனிக்கிறது. கருவிக்குரிய ‘இ’ விகுதி சேர்த்தால் பகுப்பி. பொருள் சரி, ஓசைதான் ஆய்வுக்கூடத்தை நினைவூட்டுகிறது. ஒரு கிழவி இடுப்பில் முடிந்துவைத்திருக்கும் கல்லுக்குப் பகுப்பி என்ற பெயர் ஒட்டுமா? நீங்களும் உரக்கச் சொல்லிப் பார்த்துவிட்டு எழுதுங்கள்.

அன்புடன்