சொல்லால் பொருள் மாறும் உலகம்: சொல்லுக்கு எல்லை எங்கே வைக்கலாம்?

துலாக்கயிறு:
யாழ்ப்பாணம் மாதிரி சுண்ணக்கல்லுத் தீவு ஒண்டை வைச்சுத் தொடர்கதை எழுதுறன். அங்கை கிணத்தைப் பாத்து "ஊறு" எண்டால் தண்ணி ஊறும். ஆனால் எல்லாத்தையும் சொல்லியே முடிக்கலாமெண்டால் கதை நிக்காது. வலுவை ஒலியிலை வைக்கிறதா, சொல்லுற ஆளிலை வைக்கிறதா? எல்லை எது?

எழுத்தாணி:
இரண்டையும் கலக்காதேங்கோ. இரண்டுக்கும் எங்கட மரபிலேயே அடி இருக்கு. தொல்காப்பியத்தின்படி மந்திரம் என்பது "நிறைமொழி மாந்தர்", அதாவது சொன்னது பலிக்கும் பெரியோர், ஆணையாகச் சொன்னது, வலு ஆளிடம். செய்யுள் இயற்றும் முறை சொல்லும் பாட்டியல் நூல்களோ பாட்டின் முதற்சொல்லுக்கு மங்கலம், எழுத்து, உண்டி, நாள் என்று பத்துப் பொருத்தம் பார்க்கும். எழுத்திலேயே அமுதும் நஞ்சும் உண்டு. பிழைத்தால் பாட்டுடைத் தலைவனுக்குக் கேடு. ஆளில் வைத்தால் உங்கட கதை அதிகாரச் சண்டையாகும். ஒலியில் வைத்தால் காய்ச்சலில் பிதற்றுகிறவர் சொன்னாலும் பலிக்கும், கிளி சொன்னாலும் பலிக்கும். கிணற்றுக் கதைக்கு ஒலிதான் நல்லது, அளக்கலாம்.

வடலி:
அளவுகோல் மாத்திரை, அதாவது எழுத்தை ஒலிக்கும் நேர அளவு. குறில் 1, நெடில் 2, மெய் ½, குற்றியலுகரம் (சொல்லின் கடைசியில் குறுகி ஒலிக்கும் உகரம்) ½. "ஊறு" 2½ மாத்திரை. "வற்று" 2 தான்! ஊறவைப்பதைவிட வற்றவைப்பது மலிவு. பகைக்கு இதுவே போதும். மாத்திரைக்கு ஒரு மிடறு நீர் சொல்பவரின் உடம்பில் குறையும் என்று விதி வையுங்கோ. அளபெடுத்து, அதாவது ஒலியை நீட்டி, "ஊஉறு" என்றால் 3½. பலனும் கூடும், நாவும் வறளும்.

பிழை பெரும்பாலும் சொல்லோடு சொல் சேரும் புணர்ச்சியில்தான் வரும். "ஊறு" என்றவுடன் நிறுத்தாமல் "இங்கே" என்றால் "ஊறிங்கே" ஆகும். உகரம் கெட்டு ஏவல் சிதையும். அதனால் சொல்லாளருக்கு முதற்பயிற்சி நிறுத்திப் பழகுவது. இன்னொன்று, இலக்கணத்தில் வரும் பழைய எடுத்துக்காட்டு: "செம்பொன்பதின்றொடி". செம்பொன் பதின் தொடியா, செம்பு ஒன்பதின் தொடியா (தொடி ஒரு நிறையளவு)? உங்கட உலகில் ஒரே மூச்சில் சொன்னவருக்குப் பொன் வருமா செம்பு வருமா என்பதை முன்னமே தீர்மானியுங்கோ. என் கருத்து, மலிவானதே வரவேணும்.

நன்னீர்:
மாத்திரைக் கணக்கு அருமை. ஆனால் ஊறுகிற தண்ணி எங்கிருந்து வருது? சொல் நீரைப் படைக்காது, நகர்த்தும் என்று வைத்தால் மிச்சத்தை நிலமே பார்த்துக்கொள்ளும். சுண்ணக்கல்லுக்குள்ளே நன்னீர் கடல்நீருக்கு மேலே மிதக்குது. கடல்மட்டத்துக்கு மேலே 1 அடி நன்னீர் நின்றால், கீழே ஏறத்தாழ 40 அடி ஆழத்துக்கு நன்னீர் இருக்கும். மேலே 1 அடி குறைந்தால் உவர் எல்லை காலப்போக்கில் 40 அடி ஏறப் பார்க்கும். உடனே தெரியாது. சொன்னவர் போனபிறகு, கரையோரக் கிணறுகள் முதலில் உவராகும். அடுத்த வளவுக்காரர் யாரைக் கேட்பார்?

துலாக்கயிறு:
நன்றி அண்ணை! உவரைச் சொல்லாலேயே எடுக்கேலாதா? "வற்று" எண்டு?

நன்னீர்:
ஏலாது. நன்னீர் மேலே நிற்கிறதால் "வற்று" முதலில் அதைத்தான் கொண்டுபோகும். ஐப்பசி, கார்த்திகை மழை இறங்கவேணும், அதுவரை அந்தக் கிணற்றடியில் ஒருவரும் வாய் திறக்கக்கூடாது.