அன்இன்ஸ்டால்: ‘நிறுவல் நீக்கு’ போதுமா, ‘களைக’ என்று சொல்லலாமா?

நண்பர்களுக்கு வணக்கம்,

பழைய விண்டோஸ் எக்ஸ்பி கணினியிலிருந்து வேண்டாத விளையாட்டுகளை எடுத்துவிடுவது எப்படி என்ற உதவிக்குறிப்பைத் தமிழில் எழுதப் போய், ‘அன்இன்ஸ்டால்’ என்ற சொல்லில் இடறி நிற்பதாக நம் நண்பர் எழுதியிருந்தார். அதற்குப் பின் வந்த மடல்களை எல்லாம் இன்று காலையில்தான் மொத்தமாகப் படித்தேன். சொல்லைப் பற்றி நிறையப் பேசியிருக்கிறோம். ஆனால் அந்தச் சொல் குறிக்கிற வேலை என்ன என்பதை யாரும் அவிழ்த்துப் பார்க்கவில்லையே என்று தோன்றியது. அதனால் விளையாட்டுகளிலிருந்தே தொடங்குகிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

2001இல் வந்த எக்ஸ்பியோடு 11 விளையாட்டுகள் கூடவே வந்தன. சாலிட்டேர், ஸ்பைடர் சாலிட்டேர், ஃப்ரீசெல், ஹார்ட்ஸ், மைன்ஸ்வீப்பர், பின்பால் என்று ஆறு. இணையத்தில் முகம் தெரியாதவரோடு ஆடுகிற செக்கர்ஸ், பேக்கேமன், ரிவர்ஸி, ஸ்பேட்ஸ், ஹார்ட்ஸ் என்று ஐந்து. இந்த ஐந்துக்குமான சேவையை 2019 ஜூலை 31 அன்று எக்ஸ்பிக்கு நிறுத்திவிட்டார்கள். இன்றைக்கு அவற்றைத் திறந்தால் ஆடுவதற்கு எதிராளி கிடைக்கப்போவதில்லை. ஆக, எடுத்துவிட நினைப்பதில் நியாயம் இருக்கிறது. மிச்சமாகும் இடம் சொற்பம்தான், அது வேறு விஷயம்.

எடுக்கும் வழி: நிர்வாகி கணக்கில் நுழைந்து கண்ட்ரோல் பேனல் போய், ‘ஆட் ஆர் ரிமூவ் புரோகிராம்ஸ்’ திறந்து, இடப்பக்கம் ‘ஆட்/ரிமூவ் விண்டோஸ் காம்பொனென்ட்ஸ்’ சொடுக்க வேண்டும். வரும் பட்டியலில் ‘அக்ஸஸரீஸ் அண்ட் யுடிலிட்டீஸ்’ தேர்ந்து ‘டீட்டெய்ல்ஸ்’ அழுத்தி, உள்ளே ‘கேம்ஸ்’ தேர்ந்து மறுபடி ‘டீட்டெய்ல்ஸ்’ அழுத்தினால் விளையாட்டுகள் வரிசையாக நிற்கும். வேண்டாதவற்றின் குறியை எடுத்துவிட்டு ஓகே கொடுத்துக்கொண்டே வெளியே வந்தால் முடிந்தது. பின்னால் மனம் மாறினால் அதே இடத்தில் குறியைப் போட்டுக்கொள்ளலாம். நிறுவிய வட்டைக் கேட்டாலும் கேட்கும்.

இந்த வழி முழுக்க நடந்து பாருங்கள், ‘அன்இன்ஸ்டால்’ என்ற சொல் ஓரிடத்திலும் எதிர்ப்படாது. எல்லாம் ‘ரிமூவ்’தான். பயனர் செய்வதோ ஒரு குறியை எடுப்பது மட்டும்.

இதே வேலையை வேறு விதமாகச் செய்யப் பார்ப்பவர்கள்தான் நமக்கு நல்ல பாடம். சிலர் ஸ்டார்ட் பட்டியலில் இருக்கும் குறுக்குவழியை அழித்துவிட்டு விளையாட்டே போய்விட்டதாக நினைப்பார்கள். போனது பெயர்ப்பலகை, ஆள் உள்ளேதான் இருக்கிறார். இன்னும் சிலர் சிஸ்டம்32 கோப்புறைக்குள்ளேயே போய் சாலிட்டேர் கோப்பை அழிப்பார்கள். சற்று நேரத்தில் அது திரும்ப வந்து உட்கார்ந்திருக்கும். அமைப்புக் கோப்புகளைக் காக்கும் ஏற்பாடு ஒன்று விண்டோஸ் 2000 காலத்திலிருந்தே இருக்கிறது. காணாமல் போன கோப்புக்குத் தன்னிடம் இருக்கும் பிரதியிலிருந்து இன்னொன்றை எடுத்து வைத்துவிடும். அழித்தும் அழியவில்லை!

அப்புறம் விஸ்டாவும் விண்டோஸ் 7-உம் வந்தன. அங்கே கணினியோடு வந்த விளையாட்டுகளை எடுக்க ‘டர்ன் விண்டோஸ் ஃபீச்சர்ஸ் ஆன் ஆர் ஆஃப்’ என்ற இடத்துக்குப் போக வேண்டும். பெயரே சொல்லிவிடுகிறது: அணைக்கிறோம், அவ்வளவுதான். குறியை எடுத்தாலும் கோப்புகள் வட்டிலேயே கிடக்கும், இடம் ஒரு துளியும் மிச்சமாகாது. நாமாக வெளியிலிருந்து கொண்டுவந்து போட்ட விளையாட்டுகளுக்கு மட்டும் ‘அன்இன்ஸ்டால்’ என்ற பொத்தான் தனி இடத்தில் இருக்கும்.

ஆக, விளையாட்டை எடுப்பது என்ற ஒரே பேச்சில் குறுக்குவழியை அழிப்பது, கோப்பை அழிப்பது, நிரலையே எடுப்பது, இருந்த இடத்திலேயே அணைத்து வைப்பது என்று நான்கு காரியங்கள் வருகின்றன. முதல் இரண்டுக்கும் ‘அழி’ போதும். கடைசிக்கு ‘அணை’ என்றோ ‘முடக்கு’ என்றோ சொல்லலாம். எனக்கு ‘அணை’ பிடிக்கிறது, ஏற்றுவதும் அணைப்பதும் விளக்குக்குச் சொல்லிப் பழகியதுதானே. மிஞ்சுகிற மூன்றாவதுக்குத்தான் சொல் வேண்டும். இப்போது உங்கள் மடல்களுக்கு வருகிறேன்.

> ‘நிறுவல் நீக்கு’ ஏற்கெனவே கைபேசிகளில் பரவிவிட்டது. ஏன் மாற்ற வேண்டும்?

பரவியது உண்மை. நானும் பல வருடம் அதையே எழுதியிருக்கிறேன். பொத்தானில் தனியாக நிற்கும்வரை தொல்லை இல்லை. வாக்கியத்துக்குள் வைத்தால்தான் முழி பிதுங்குகிறது. ‘சாலிட்டேரை நிறுவல் நீக்கு’ என்று எழுதினால் நீக்கப்படுவது சாலிட்டேரா, நிறுவலா? இரண்டு செயப்படுபொருள் ஒரே வினைக்கு அடித்துக்கொள்கின்றன. ‘சாலிட்டேரின் நிறுவலை நீக்கு’ என்றால் இலக்கணம் சரி, ஆனால் அப்படி யார் பேசுகிறார்கள்? அதுவும் ஒரு நிரல் பாதி நிறுவப்பட்டுக்கொண்டிருக்கும்போது இந்த வரி எதிர்ப்பட்டால், நடக்கிற நிறுவலை ரத்து செய்யச் சொல்கிறது என்றுதான் பயனர் படிப்பார்.

இடைவெளி விடாமல் ‘நிறுவல்நீக்கு’ என்று ஒரே சொல்லாக்கலாம் என்றும் ஒருவர் எழுதியிருந்தார். ஐயா, சேர்ப்பது என்று இறங்கிவிட்டால் முறைப்படி சேர்க்க வேண்டும். தோன்றல், நல்லன் இரண்டும் சேர்ந்து தோன்றனல்லன் ஆகிற கணக்கில் இது ‘நிறுவனீக்கு’ ஆகும். நிறுவனத்தையே இழுத்து மூடப்போகிறோமோ என்று படிப்பவர் பயந்துவிடுவார்.

> ஆங்கிலத்தில் ‘அன்’ என்ற முன்னொட்டு இருக்கிறது. தமிழில் அப்படி ஒன்று இல்லாததுதான் சிக்கல்.

இங்கேதான் எனக்குக் கருத்து வேறுபாடு. முன்னொட்டு நமக்கு எதற்கு? செய்ததைத் திருப்பிச் செய்வதற்குத் தமிழில் தனித்தனி வினையே இருக்கிறது. பந்தலைப் போடுகிறோம், பிரிக்கிறோம். முடிச்சைப் போடுகிறோம், அவிழ்க்கிறோம். பூட்டுகிறோம், திறக்கிறோம். நாற்றை நடுகிறோம், பிடுங்குகிறோம். சுமையை ஏற்றுகிறோம், இறக்குகிறோம். திருகாணியை முடுக்குகிறோம், கழற்றுகிறோம். எந்த இடத்திலும் முதல் வினைக்கு வால் ஒட்டி இரண்டாவதை உண்டாக்கவில்லை. ‘பந்தல் போடல் நீக்கு’ என்று யாராவது சொன்னால் சிரிப்போம். ‘நிறுவல் நீக்கு’ அந்த அச்சில் வார்த்ததுதான், பழகிவிட்டதால் சிரிப்பு வருவதில்லை.

அப்படியானால் நிறுவுவதற்கு எதிர்வினை எது? நில், நிறுத்து, நிறுவு எல்லாம் ஒரே குடும்பம். நிறுவுவதென்றால் ஒன்றை நிலையாக நிற்க வைப்பது. நிற்க வைத்ததை எடுக்க ‘பெயர்த்தெடு’ நல்ல சொல்தான். தூணைப் பெயர்ப்போம், கல்லைப் பெயர்ப்போம். ஆனால் பெயர்த்தது கையில் இருக்கும், இன்னோரிடத்தில் நடலாம். இங்கே கையில் ஒன்றும் மிஞ்சுவதில்லை. ‘கழற்று’ எனக்கு ரொம்ப நாள் பிடித்திருந்தது. அதுவும் இதே காரணத்தால் தள்ளிப்போயிற்று, கழற்றிய சக்கரம் தரையில் கிடக்கும் அல்லவா. ‘பிரி’யை எடுத்தால் பொதிந்த கோப்பைப் பிரிப்பதோடு மோதும். ‘அகற்று’ மோசமில்லை, ஆனால் அதை ஏற்கெனவே நூறு இடத்தில் ‘ரிமூவ்’க்குச் செலவழித்துவிட்டோம்.

என் பரிந்துரை ‘களை’. உடையைக் களைகிறோம், ஐயத்தைக் களைகிறோம், குறையைக் களைகிறோம். ‘இடுக்கண் களைவதாம் நட்பு’ என்று திருக்குறளிலேயே இருப்பதால் சொல் புதிதில்லை. ஒட்டியிருந்தது போய்விடுகிறது, எதிலிருந்து போனதோ அது பத்திரமாக நிற்கிறது. நிரலை எடுத்த பின் கணினி நிற்பதும் அப்படித்தான். களைவு, களைதல், களைவி என்று பிள்ளைகளும் பெறும். நிரலோடு சேர்ந்தே வரும் அன்இன்ஸ்டாலருக்குக் களைவி என்று பெயர் வைத்தால் வாயில் நன்றாகத்தான் உருளுகிறது.

> பயன்படும் மென்பொருளையும் சில நேரம் எடுக்கிறோம். அதைக் களை என்று சொல்வது இழிவில்லையா?

உடை களைகிறவர் உடையை இழிவாகவா நினைக்கிறார்? வினை வேறு, வயலில் முளைக்கும் களை வேறு. ஸ்பைடர் சாலிட்டேரில் பொழுதைத் தொலைத்தவர்கள் இரண்டும் ஒன்றுதான் என்பார்கள், அது அவரவர் அனுபவம்.

இதைவிடப் பெரிய ஓட்டை ஒன்று இருக்கிறது. அதை யாரும் சுட்டவில்லை, நானே காட்டிக்கொடுக்கிறேன். நிரலின் பெயரைக் கணினியே நிரப்பிக்கொள்ளும்படி இடம் விட்டு, பக்கத்தில் ‘களை’ என்று எழுதினால் திரையில் ‘சாலிட்டேர் களை’ என்று வரும். படிக்கிறவர் அதைப் பன்மை உருபாக எடுத்துக்கொண்டு, சாலிட்டேர்களை என்ன செய்ய வேண்டும் என்று வாக்கியத்தின் மிச்சத்தைத் தேடுவார். ‘விளையாட்டு களை’ இன்னும் மோசம், யாரோ தெரியாமல் இடைவெளி விட்டுவிட்டதாகவே தோன்றும். நேற்று இரவு இதைக் கண்டுபிடித்தபோது மொத்தப் பரிந்துரையையும் தூக்கிப் போட்டுவிடலாமா என்றிருந்தது.

பிறகு யோசித்ததில், பொத்தானுக்கு வெறும் ஏவலை வைப்பதுதான் வம்பு என்று பட்டது. ‘களைக’ என்று வியங்கோளாக்கிவிட்டால் உருபுக் குழப்பம் இல்லை. ‘சாலிட்டேர் களைக’ என்று பெயர் முன்னால் வந்தாலும் தாங்கும். ‘களைய வேண்டுமா?’, ‘களையப்படுகிறது’, ‘களையப்பட்டது’, ‘களைய முடியவில்லை’ எல்லாம் தடுக்காமல் ஓடுகின்றன. ஒரு எச்சரிக்கை: ‘களைக்கப்பட்டது’ என்று எழுதிவிடாதீர்கள், அது அசதி. லகரம் போட்டுக் ‘கலைக’ என்று எழுதிவிடும் ஆபத்தும் உண்டு. பிழைதிருத்துபவர்கள் கண்ணில் விளக்கெண்ணெய் விட்டுக்கொண்டு பார்க்கட்டும்.

> லினக்ஸில் ‘ரிமூவ்’, ‘பர்ஜ்’ என இரண்டு இருக்கிறதே, அங்கே என்ன செய்வது?

லினக்ஸ் வகைகளான டெபியனும் உபுண்டுவும் விளையாட்டு நிரல்களை யூஎஸ்ஆர் என்ற அடைவுக்குக் (கோப்புறைக்குக்) கீழே கேம்ஸ் என்ற தனி அடைவில் வைப்பது வழக்கம். அங்கே நிரல்களை நிறுவவும் எடுக்கவும் உதவும் ஆப்ட் கருவிக்கு ‘ரிமூவ்’ கொடுத்தால் நிரல் போகும், அந்த நிரலுக்கான அமைப்புகளை (செட்டிங்ஸை) வைத்திருக்கும் கோப்புகள் தங்கும். ‘பர்ஜ்’ கொடுத்தால் அவையும் போகும். முதலாவதுக்குக் ‘களைக’ அப்படியே பொருந்துகிறது. மேலே பிடுங்கிவிட்டோம், அடியில் ஏதோ மிச்சம் இருக்கிறது. இரண்டாவதுக்கு ‘வேரறுக்க’ என்று ஒருவர் எழுதியதைப் பார்த்ததும் அடடா என்று சொல்லிவிட்டேன். ஆனால் பர்ஜ் போட்டாலும் பயனரின் சொந்த அடைவில் இருப்பதை அது தொடாது. எடுத்த மதிப்பெண், பாதியில் விட்ட ஆட்டம் எல்லாம் அங்கே இருந்தால் அங்கேயே கிடக்கும். மறுபடி நிறுவினால் துளிர்த்துவிடும். வேர் அறுந்ததாக அந்தப் பொத்தான் சொல்வது பொய்.

எனவே ‘பர்ஜ்’க்கு ‘அமைப்புகளோடு களைக’ என்று இப்போதைக்கு எழுதிவைத்திருக்கிறேன். நீளம்தான், ஒப்புக்கொள்கிறேன். இதே பொருளில் சின்னதாக யாரிடமாவது சொல் இருந்தால் அனுப்புங்கள். எக்ஸ்பி உதவிக்குறிப்பில் இது வராது, அங்கே ‘களைக’, ‘அழி’ இரண்டையும் போட்டுப் பார்த்துவிட்டு எங்கே இடிக்கிறது என்று நண்பர் சொல்லட்டும்.