‘கன்ட்ரி ரோட்ஸ்’ பாட்டோடு உங்களுக்கு நடந்தது: அனுபவப் பகிர்வு

மார்கன்டவுன்_பழையமாணவன்:
அமெரிக்கப் பாடகர் ஜான் டென்வரை 1971இல் தூக்கி நிறுத்திய பாட்டு, மேற்கு வர்ஜீனியா மாநிலத்தைப் பற்றியது, எல்லோருக்கும் தெரியும். மேற்கு வர்ஜீனியாவுக்குப் படிக்கப் போன முதல் செப்டம்பர். அமெரிக்க ஃபுட்பால் விதி ஒன்றும் தெரியாது, ரூம்மேட் கூப்பிட்டான் என்று போனேன். ஜெயித்தோம். கிளம்பலாம் என்று பையை எடுத்தால் ஒருவரும் நகரவில்லை. இந்தப் பாட்டைப் போட்டார்கள். 60,000 பேர் கொள்ளும் அரங்கம். பக்கத்தில் எழுபது வயதிருக்கும் ஒரு பாட்டி, மூன்று மணி நேரமாக என்னிடம் ஒரு வார்த்தை பேசாதவர், சட்டென்று என் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டார். நாடி பார்ப்பதுபோல். பாட்டு முடிந்தும் கொஞ்ச நேரம் விடவில்லை. அப்புறம் “முதல் தடவையா?” என்று மட்டும் கேட்டுவிட்டுப் படியிறங்கிப் போய்விட்டார். ஒன்பது வருடமாகிறது. எப்படிக் கண்டுபிடித்தார் என்று இன்னும் யோசிக்கிறேன்.

கிளாப்பர்ரோடு:
நான் செய்தது வேறு மாதிரி. ஆபீஸுக்கு ஒரே காரில் போகும் நண்பர், மேற்கு வர்ஜீனியாவில் நிலக்கரிச் சுரங்கக் குடும்பம். கெய்தர்ஸ்பர்க் பக்கம் கிளாப்பர் ரோடு சிக்னலில் நிற்கும்போது ரேடியோவில் இந்தப் பாட்டு. ஸ்டியரிங்கில் தாளம் போட்டுப் பாட ஆரம்பித்தார். நான் சும்மா இருக்கக் கூடாதா? “இது பிறந்ததே இந்த மேரிலாண்ட் ரோட்டில்தான். பில் டானஃபும் டாஃபி நிவர்ட்டும் இதை எழுத ஆரம்பித்தபோது உங்கள் ஊர்ப் பக்கமே போனதில்லை. மேற்கு வர்ஜீனியாவுக்குப் பதில் மாசசூசெட்ஸ் என்று போடலாமா என்றுகூட நினைத்தார்களாம்” என்றேன். அவர் பாடுவதை நிறுத்திவிட்டு ரேடியோ சத்தத்தைக் குறைத்தார். பச்சை விழுந்தும் கார் நகரவில்லை. பின்னாலிருந்து ஹாரன் அடித்தார்கள். அந்தச் சத்தம் இன்னும் காதில் இருக்கிறது.

ஆற்றங்கரை_ஹார்ப்பர்ஸ்ஃபெரி:
கிளாப்பர்ரோடு, பாதியை மட்டும் ஏன் சொன்னீர்கள்? டானஃப் மாசசூசெட்ஸில் வளர்ந்த பையன். மேற்கு வர்ஜீனியாவின் வீலிங் நகரத்து டபிள்யூ.டபிள்யூ.வி.ஏ. வானொலியைக் கேட்டுத்தான் மேற்கு வர்ஜீனியா அவர் மனதில் ஏறியது. நேரில் போகாமலே ஓர் ஊர்மேல் ஆசை வராதா? 2014இல் அந்த மாநிலமே இதைத் தன் அதிகாரபூர்வப் பாடல்களில் ஒன்றாக்கிக்கொண்டது. பாட்டில் வருகிற ஷெனன்டோவா ஆறு பக்கத்து மாநிலமான வர்ஜீனியாவுடையது என்று வாதாடுகிறவர்களுக்கும் சேர்த்துச் சொல்கிறேன்: அது போட்டோமாக் ஆற்றில் கலக்கிற இடம் ஹார்ப்பர்ஸ் ஃபெரி, மேற்கு வர்ஜீனியா. அம்மாவை அங்கே கூட்டிப் போனேன். பாட்டில் வருகிற ஆறு இதுதான் என்றதும் செருப்பைக் கழற்றி வைத்துவிட்டுத்தான் தண்ணீரில் கால் வைத்தாள்.

ஆறுதந்தி:
என் கதை சின்னது. நண்பர் வீட்டு மாடியில் கிட்டாரில் வாசித்தேன், நடுப்பகுதியில் எஃப் கார்டு பிடிபடாமல் நின்றுவிட்டது. ஒரு குழந்தை மட்டும் நிறுத்தாமல் பாடிக்கொண்டே இருந்தது. புதிதாகக் கற்பவர்களுக்குச் சொல்கிறேன். ஒலிப்பதிவு ஏ மேஜர் ஸ்கேலில் இருக்கிறது. கிட்டார் கழுத்தின் இரண்டாம் ஃபிரெட்டில் (குறுக்குக் கம்பி) கேப்போ, அதாவது தந்திகளை அழுத்திப் பிடிக்கும் கவ்வி, போட்டு ஜி, டி, ஈ மைனர், சி கார்டுகளைப் பிடித்தால் போதும். எஃப் ஒரே இடத்தில்தான் வரும், அதைத் தனியாக ஒரு வாரம் பழகுங்கள். வேகம் கூட்டாதீர்கள். டென்வருக்கு கார் விபத்தில் கட்டைவிரல் உடைந்திருந்தது. அந்த நிலையில் வாஷிங்டனில் டானஃப், நிவர்ட் இருவரின் வீட்டில் விடிய விடிய உட்கார்ந்து மூவரும் சேர்ந்து முடித்த பாட்டு இது. அவசரம் இதற்கு ஆகாது. ஸ்டீல் தந்தியில் விரல் வலித்தால் மெல்லிய தந்தி வாங்குங்கள். பாடிக்கொண்டே வாசிப்பதை இரண்டாம் மாதத்துக்கு வைத்துக்கொள்ளுங்கள்.

கிளாப்பர்ரோடு:
ஆற்றங்கரை, வீலிங் வானொலி விஷயம் எனக்குத் தெரியாது. அந்தக் கார் நண்பர் இப்போது சார்ல்ஸ்டனுக்குக் குடிபோய்விட்டார். ஞாயிற்றுக்கிழமை போன் போட்டு இதைச் சொல்கிறேன்.